24 பிரேமில் ஒரு நாள்

ஆற்றுகைக் கலையைப் பற்றிப் பேச்செடுத்தால் ஸ்டாப் ரூமில் ஒரு பதில் தயாராக இருக்கும். "அதுக்கென்ன சேர், வீடியோ இருக்குத்தானே, பார்த்தாப் போச்சு." எனக்கு இதில் உடன்பாடில்லை.

1971 நவம்பரில் கலிபோர்னியாவில் கிறிஸ் பேர்டன் என்ற கலைஞர், நண்பர் ஒருவரைக் கொண்டு தன் இடது கையில் துப்பாக்கியால் சுடவைத்தார். அதன் படம் வெறும் 8 செக்கன்தான். சுற்றி நின்ற சிலரும் பார்த்துக்கொண்டே நின்றார்கள். அவர்களுடைய நெஞ்சு எப்படி அடித்திருக்கும்? ஏன் ஒருவரும் தடுக்கவில்லை? அதையெல்லாம் அந்த 8 செக்கனில் தேடிப் பிரயோசனமில்லை.

எனக்குப் பிடித்தது தெசிங் சியே செய்ததுதான். தாய்வான்காரர். நியூயோர்க்கில் விசா இல்லாமல் இருந்தவர். 1980 ஏப்ரல் 11 தொடக்கம் சரியாக ஒரு வருடம், இரவு பகலாக, ஒவ்வொரு மணித்தியாலமும் வரவு பதியும் மெசினில் அட்டை போட்டார். (நமக்குக் காலையிலும் பின்னேரமும் விரல் வைப்பதே பெரிய பாடு!) ஒவ்வொரு தடவையும் 16 மில்லிமீற்றர் கெமராவில் ஒரேயொரு பிரேம். ஒரு நாளைக்கு 24 பிரேம், அதாவது திரையில் ஒரு செக்கன். முழு வருடமும் ஏறக்குறைய 6 நிமிடத்தில் ஓடி முடிந்துவிடும். மொட்டையோடு தொடங்கியவருக்கு முடி தோள்வரைக்கும் வளர்வதைக் கண்ணால் காணலாம். ஆனால் தூக்கம் கெட்ட அந்த வருடம் நமக்குக் கிடைக்காது. கிடைக்கும் என்று அவரும் நம்மை ஏமாற்றவில்லை.

அதைவிட முக்கியம், 8760 தடவையில் 133 தடவை தவறவிட்டதை அவரே எண்ணி எழுதிவைத்தார். தூங்கிப்போனது 94, பிந்தியது 29, முந்தியது 10. அட்டைகளுக்குச் சாட்சி ஒருவரின் கையொப்பமும் உண்டு. அந்த 133ஐ மறைத்திருந்தால் நான் மற்றதையும் நம்பியிருக்க மாட்டேன்.

நாம் செய்வது இதற்கு நேர்மாறு. கலை விழா முடிந்து வீடியோவை எடிட் பண்ணக் கொடுக்கும்போது, வசனம் மறந்து நின்ற பிள்ளையின் இடத்தை வெட்டச் சொல்கிறோம். பெற்றோர் பார்ப்பார்களாம், பாடசாலைக்குக் கெட்ட பெயராம். வெட்டினால், பக்கத்தில் நின்ற பிள்ளை மெதுவாக அடியெடுத்துக் கொடுத்ததும், மறந்த பிள்ளை அதைப் பிடித்துக்கொண்டு மிச்சத்தைச் சத்தமாகச் சொன்னதும் சேர்ந்தே போய்விடுகிறது. அன்றைக்கு மண்டபம் கைதட்டியது அந்த இடத்துக்குத்தான்.