மூன்று வரியில் முடிந்த பத்திராஜ

2018 ஜனவரி 28ஆம் திகதி தர்மசேன பத்திராஜ கண்டியில் காலமான செய்தி கிடைத்தபோது நான் ஹேவாஹெட்டயில் எங்கள் பழைய வீட்டில் இருந்தேன். அன்றிரவே அஞ்சலிக் குறிப்பொன்று எழுதித் தொலைபேசியில் பத்திரிகைக்கு வாசித்துக் காட்டினேன். அச்சில் வந்தது மூன்று வரி: பிரபல சிங்களத் திரைப்பட இயக்குநர் மறைந்தார். ‘பொன்மணி’ என்ற சொல்லே அதில் இல்லை. இடமில்லையாம். அதே பக்கத்தில் சென்னை நடிகர் ஒருவரின் புதுப்பட பூஜைக்கு அரைப் பக்கம் இருந்தது.

அந்த ஆசிரியபீடத்தை மட்டும் நோவானேன்? நாம் எல்லோருமே அப்படித்தான் அவரை வைத்திருக்கிறோம்.

1943இல் கண்டியில் பிறந்து, தர்மராஜ கல்லூரியிலும் பேராதனையிலும் படித்தவர். ‘அஹஸ் கவ்வ’ (1974) என்ற முதல் படத்திலேயே வேலையற்ற நகரத்து இளைஞரைத் திரைக்குக் கொண்டுவந்தார். யாழ்ப்பாண வளாகத்தில் விரிவுரையாளராக இருந்த காலத்தில் எடுத்ததுதான் ‘பொன்மணி’ (1977). காவலூர் ராஜதுரையின் எழுத்து; யாழ்ப்பாணத்துச் சாதியும் சீதனமும் கதை. பாட்டுக்கும் சண்டைக்கும் பழகிய நம்மவர்கள் அதைக் கைவிட்டார்கள். அடுத்த ஆண்டே கற்பிட்டி மீனவர்களை வைத்து ‘பம்பரு அவித்’ எடுத்தார். அதைச் சிங்கள ரசிகர்கள் இன்றும் கொண்டாடுகிறார்கள்.

சிங்களவருக்கு யாழ்ப்பாணத்துச் சாதியைப் பற்றி என்ன தெரியும் என்று கேட்டவர்கள் உண்டு, இன்றும் கேட்கிறார்கள். தெரிந்த நாம் எத்தனை படம் எடுத்தோம்? அவர் அங்கே படித்துக்கொடுத்தார், அந்த மண்ணின் எழுத்தாளர் ஒருவரோடு சேர்ந்து வேலை செய்தார். வேறெந்தத் தகுதியை நாம் எதிர்பார்க்கிறோம்? தமிழகம் சென்று புகழ்பெற்ற மட்டக்களப்பாரான பாலு மகேந்திராவை ‘நம்மவர்’ என்கிறோம். அது நியாயமே. ஆனால் தமிழகத்துக்குப் போனவரை உரிமை கொண்டாடுகிற நாம், நம்மிடம் தேடி வந்தவருக்கு ஏன் வாசலை அடைத்தோம்?

‘சோல்தாது உன்னெஹே’ (1981) படத்துக்குப் பின் சுமார் இருபது ஆண்டுகள் அவருடைய புதிய கதைப்படம் எதுவும் திரையரங்குக்கு வரவில்லை. அந்த இடைவெளியில் தொலைக்காட்சி அவருக்குக் களமாயிற்று. ‘எல்ல லங்க வலவ்வ’, ‘கங்குலென் எகொடட்ட’, ‘கடுல்ல’ முதலிய நாடகங்களுக்காகச் சிங்கள வீடுகளில் காத்திருந்தார்கள். நான் அவற்றில் பலவற்றை ஹேவாஹெட்டச் சந்தியில் ஒரு முதலாளியின் கடைப் பெட்டியில், பாதி புரிந்தும் பாதி புரியாமலும் பார்த்தேன். தமிழில் அவருக்கு ஒரு தொடர் கொடுக்க வேண்டுமென்று எவருக்கும் தோன்றவில்லை. எனக்குந்தான், நானும் அன்று பத்திரிகையில் இருந்தவன், ஒரு வரி எழுதியதில்லை.

எங்கள் மலைத்தொடரிலேதான் இருக்கிறது லூல்கந்துர. 1867இல் ஜேம்ஸ் டெயிலர் 19 ஏக்கரில் தேயிலை போட்ட தோட்டம். வி. பி. கணேசனின் ‘புதிய காற்று’ 1975இல் தோட்டத் தொழிலாளரைத் திரையில் காட்டியது. இங்கிருந்து கண்டிக்கு பஸ்ஸில் சிறிது தூரந்தான். அங்கே தமிழ்ப்படம் எடுத்த ஒருவர் 74 வயதுவரை வாழ்ந்தார்; எங்கள் லயங்களையும் பாருங்கள் ஐயா என்று இந்தப் பக்கத்திலிருந்து அவரிடம் போனவர் எவரையும் நான் அறியேன்.

அந்த அஞ்சலிக் குறிப்பின் கைப்பிரதி இன்னும் என்னிடம் இருக்கிறது. அதை முழுதாக அடுத்த பதிவில் இடுகிறேன்.