ஜவ்வாது மலைக்குத் தேசியப் பூங்கா வேண்டாம் என்கிறேன்



கொஞ்சம் நீளமான பதிவு. காபி போட்டுக்கொண்டு உட்காருங்கள்.

போன வாரம் நம் பழைய மாணவர் வாட்ஸ்அப் குழுவில், பெங்களூரில் வேலை செய்யும் தம்பி ஒருவர் எழுதியிருந்தார்: "ஜவ்வாது மலை முழுவதையும் தேசியப் பூங்காவாக அறிவித்து, உள்ளே இருக்கிறவர்களைக் கீழே கொண்டுவந்து குடியமர்த்தினால்தான் காடு பிழைக்கும்." கீழே வரிசையாகக் கட்டைவிரல்கள். அந்தத் தம்பியின் அக்கறை உண்மையானது, அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அவர் சொல்லும் மருந்து எங்கே தயாரானது, யாருக்கு என்ன செய்தது என்று தெரிந்துகொள்ளாமல் நம் மலைக்கு எழுதிக் கொடுக்கக் கூடாது. அதனால்தான் இந்தப் பதிவு.

முதலில் சொல்லைப் பார்ப்போம். 'பூங்கா' என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது சிமெண்டு பெஞ்சும் சறுக்கு மரமும்தான். ஆரணியிலிருந்து சென்னைக்குப் பள்ளிச் சுற்றுலா போன எல்லோரும் கிண்டிக்குப் போயிருப்பீர்கள். சிறுவர் பூங்கா, பாம்புப் பண்ணை, புளிசாதப் பொட்டலம், பஸ். அந்த வேலிக்குப் பின்னால் இருந்த புதர்க்காடுதான் தேசியப் பூங்கா. 1978-இல் அறிவிக்கப்பட்டது. மொத்தப் பரப்பு 2.7 சதுர கிலோமீட்டர். வெளிமானும் புள்ளிமானும் மாநகரத்துக்கு நடுவே மேய்கிற இடம். ஒரு காலத்தில் 500 எக்டேருக்கு மேல் இருந்த காடு அது. ராஜ்பவன், ஐ.ஐ.டி., தலைவர்களின் நினைவிடங்கள் என்று ஒவ்வொன்றாகப் பிய்த்துக்கொண்டது போக மிஞ்சியதைத்தான் சட்டம் காப்பாற்றியது. இதைக் கவனியுங்கள்: அந்தக் காட்டைத் தின்றது விறகு பொறுக்கிய கிழவி அல்ல.

நமக்குப் பக்கத்தில் இன்னொரு தேசியப் பூங்காவும் இருக்கிறது. வருடம் ஒருமுறையாவது அதன் வழியாகப் போய் வருகிறோம், பெயர்தான் தெரியாது. திருப்பதி ஏழுமலையைச் சுற்றியுள்ள சேஷாசலம் காடு, 1989 முதல் ஸ்ரீ வெங்கடேசுவரா தேசியப் பூங்கா. 2023-இல் அலிபிரி நடைபாதையில் சிறுத்தை ஒரு குழந்தையைக் கொன்றபோதுதான், தாங்கள் நடந்துபோவது ஒரு காட்டின் நடுவே என்று பலருக்கு உறைத்தது. அப்புறம் பக்தர்களுக்கு ஆளுக்கொரு தடி கொடுத்தார்கள். (சிறுத்தைக்கு அந்தத் தடியைப் பற்றி என்ன அபிப்பிராயம் என்று தெரியவில்லை.) அந்தக் காட்டுக்குப் பின்னால் மறுபடியும் வருகிறேன்.

தேசியப் பூங்கா என்ற எண்ணம் அமெரிக்காவில் பிறந்தது. 1872 மார்ச் 1 அன்று அதிபர் கிராண்ட் கையெழுத்திட, எல்லோஸ்டோன் உலகின் முதல் தேசியப் பூங்கா ஆனது. (நம் 'பத்மாவதி சரித்திரம்' எழுதிய அ. மாதவையா பிறந்ததும் அதே ஆண்டு. இதை ஏன் சொல்கிறேன் என்பது பின்னால் தெரியும்.) கொதிநீர் ஊற்றுகளும் எருமைக் கூட்டங்களும் தனியார் கைக்குப் போகாமல் பொதுமக்களுக்கு என்று ஒதுக்கியது பெரிய காரியம்தான். ஆனால் அந்த நிலம் ஆளில்லாத நிலம் அல்ல. ஷோஷோனி போன்ற பழங்குடிகள் தலைமுறை தலைமுறையாக அங்கே வேட்டையாடி வாழ்ந்தவர்கள். அங்குள்ள எரிமலைக் கண்ணாடிக் கல்லை வெட்டி அம்பு முனை செய்தவர்கள். பல ஆயிரம் ஆண்டுப் பழக்கம் அது. பூங்கா வந்ததும் அவர்களை வெளியேற்றினார்கள். அதோடு நிற்கவில்லை. "பழங்குடிகளுக்குக் கொதிநீர் ஊற்று என்றால் பயம், அதனால் அவர்கள் இங்கே வந்ததே இல்லை" என்று ஒரு கதையையும் பூங்கா நிர்வாகிகளே பரப்பினார்கள். 1886-இல் காவலுக்கு ராணுவம் வந்தது. 30 ஆண்டுக்கு மேல் அங்கேயே இருந்தது.

இந்த எண்ணத்துக்கு உரம் போட்டது இலக்கியம். ஜான் மியூரின் 'நமது தேசியப் பூங்காக்கள்' 1901-இல் வந்தது. இரண்டே ஆண்டில் அதிபர் ரூஸ்வெல்ட் யோசெமிட்டி காட்டில் மியூரோடு கூடாரம் போட்டுத் தங்கினார். எழுத்தாளன் ஒருவனின் பேச்சைக் கேட்க ஒரு நாட்டின் அதிபர் காட்டுக்கு வந்தார் என்பதை நினைக்கும்போது எனக்குப் பொறாமையாகத்தான் இருக்கிறது. மியூர் மரத்தையும் பனியையும் பாறையையும் கோயில் போலப் பார்த்தவர். ஆனால் அந்தக் கோயிலுக்குள் மனிதர் குடியிருக்க இடமில்லை. அந்தக் குறைதான் சட்டத்துக்குள்ளும் இறங்கியது.

இந்தியாவுக்கு அது 1936-இல் ஹெய்லி தேசியப் பூங்கா என்ற பெயரில் வந்தது. 1957-இல் ஜிம் கார்பெட்டின் பெயர் அதற்கு வைக்கப்பட்டது. கார்பெட்டின் 'குமாயுன் புலிகள்' படித்திருப்பீர்கள். அவர் புத்தகங்களில் புலிக்குச் சமமாக நிற்பவர்கள் மலைக் கிராமத்து ஏழைகள். 'என் இந்தியா' முழுக்க அவர்கள்தான். ஆனால் நம் சட்டம் மியூரைப் பின்பற்றியதே தவிர கார்பெட்டை அல்ல.

1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தை எடுத்துப் பாருங்கள். சரணாலயம் என்றால் உள்ளே இருப்பவர்களின் சில உரிமைகளைத் தொடர அனுமதிக்க வழியுண்டு. ஒழுங்குபடுத்தி மேய்ச்சலும் விடலாம். தேசியப் பூங்கா என்றால் எல்லா உரிமைகளையும் முடித்து அரசிடம் சேர்த்த பிறகே அறிவிக்க முடியும். கால்நடை மேய்ச்சல் அறவே கூடாது. போட்டித் தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் இந்த வித்தியாசத்தை ஒரு மதிப்பெண் கேள்வியாக மட்டும் படிக்கிறார்கள். ஜமுனாமரத்தூர்ப் பக்கம் சாமை விதைத்து, தேனும் புளியும் சேர்த்து, பத்து ஆடு வைத்துப் பிழைக்கும் ஒரு குடும்பத்துக்கு அது ஒரு மதிப்பெண் கேள்வி அல்ல.

இனி நம் வீட்டுச் சொத்துக்கு வருகிறேன்.

பத்துப்பாட்டில் மலைபடுகடாம் என்று ஒரு நூல் இருக்கிறது. 583 அடி. பாடியவர் பெருங்கௌசிகனார். பாட்டுடைத் தலைவன் நன்னன். அவன் ஊர் செங்கண்மா, அதாவது நம் செங்கம். அதில் வரும் சேயாறு நம் செய்யாறு. அதில் வரும் நவிரமலை, நம் ஊர்க்காரர்கள் பௌர்ணமிக்குப் பௌர்ணமி ஏறும் பருவதமலை என்று அறிஞர்கள் சொல்கிறார்கள். மதுரைக்கும் பூம்புகாருக்கும் காப்பியம் இருக்கிறது என்று ஏங்கும் பிள்ளைகளே, நம் மாவட்டத்துக் காட்டுக்கென்றே சங்க நூல் ஒன்று இருக்கிறது!

அந்த நூல் என்ன செய்கிறது? நன்னனிடம் பரிசு பெற்றுத் திரும்பும் கூத்தன், எதிரே வரும் கூத்தர் கூட்டத்துக்கு வழி சொல்கிறான். வெறும் இடப்பக்கம், வலப்பக்கம் அல்ல. தினைப்புனம் காக்கிறவர்கள் யானையை விரட்டக் கவண்கல் வீசுவார்கள், மரத்தில் பட்டுத் தெறித்து வரும், ஒதுங்கி நில்லுங்கள் என்கிறான். பன்றிக்கு வைத்த கல்பொறி வழியில் இருக்கும், இருட்டில் போகாதீர்கள் என்கிறான். வழுக்கும் பாறை எங்கே, பாம்பு இருக்கும் குழி எங்கே, எந்தச் சிற்றூரில் என்ன சாப்பாடு கிடைக்கும் என்று எல்லாம் சொல்கிறான். பிறகு மலையில் எழும் ஒலிகளை அடுக்குகிறார் புலவர். அருவி விழும் சத்தம், யானையின் பிளிறல், புனத்தில் கிளி ஓட்டும் பெண்களின் குரல், புலி கிழித்த கணவனின் புண் ஆறுவதற்காக மனைவி பாடும் பாட்டு. மலைக்கு யானையை உவமித்து, அந்த மலையில் பிறக்கும் ஓசையைக் கடாம் என்றதால்தான் நூலுக்கே அந்தப் பெயர்.

வகுப்பில் இதை நடத்தும்போதெல்லாம் நான் நிறுத்திச் சொல்வது ஒன்று உண்டு. அந்த ஒலிப்பட்டியலில் மனிதக் குரலையும் விலங்கின் குரலையும் புலவர் தனித்தனியாகப் பிரிக்கவில்லை. எல்லாம் சேர்ந்ததுதான் மலையின் ஓசை. புலி ஆளை அடிக்கும், ஆள் பன்றிக்குப் பொறி வைப்பான், யானை தினையை மிதிக்கும். மோதல் இல்லாத சொர்க்கம் என்று அவர் பொய் சொல்லவில்லை. ஆனால் ஆளை எடுத்துவிட்டால் அது காடாகும் என்ற நினைப்பு அவருக்குத் தோன்றவே இல்லை.

இந்த மரபில் நம் காலத்தில் எழுதியவர் மா. கிருஷ்ணன். மேலே சொன்ன மாதவையாவின் மகன். மயிலாப்பூரில் இருந்துகொண்டு, கல்கத்தாவின் ஸ்டேட்ஸ்மன் பத்திரிகையில் 1950 முதல் 1996-இல் இறக்கும் வரை இயற்கையைப் பற்றிப் பத்தி எழுதினார். 46 வருடம்! தமிழிலும் எழுதினார். அந்தக் கட்டுரைகளைத் தியடோர் பாஸ்கரன் தொகுத்து 'மழைக்காலமும் குயிலோசையும்' என்று புத்தகமாகக் கொண்டுவந்தார். முதுமலையில் காட்டு யானைகளை நடந்துபோய்ப் படம் எடுத்தவர் கிருஷ்ணன். அங்கே இன்றும் யானையை அறிந்தவர்கள் யார்? தெப்பக்காட்டு முகாமில் குட்டி யானைகளை வளர்த்த பொம்மனையும் பெள்ளியையும் 2023-இல் ஆஸ்கார் வாங்கிய ஆவணப்படத்தில் உலகமே பார்த்தது. காட்டுநாயக்கர் அவர்கள். அந்தப் படத்துக்குக் கைதட்டிவிட்டு, மறுநாள் "மலைவாசிகளை வெளியேற்று" என்று எழுதுவது எப்படி?

எதிர்த்தரப்பின் வலுவான வாதத்தையும் சொல்லிவிட வேண்டும். தேசியப் பூங்கா என்ற அறிவிப்பு மட்டுமே காப்பாற்றிய காடுகள் உண்டு. கேரளத்தின் அமைதிப் பள்ளத்தாக்கில் நீர்மின் அணை வரவிருந்தது. சுகதகுமாரி உள்ளிட்ட மலையாளக் கவிஞர்கள் ஊர் ஊராகப் போய்க் கவிதை படித்தார்கள். கேலி செய்தவர்கள் பலர். கடைசியில் அணை கைவிடப்பட்டு, 1984-இல் அது தேசியப் பூங்கா ஆனது. சிங்கவால் குரங்கு பிழைத்தது. கவிதையால் என்ன பயன் என்று என்னிடம் கேட்ட மாணவர்கள் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஆனால் அங்கே துரத்தப்பட்டது ஒரு அணை. குடியிருந்த கிராமங்கள் அல்ல. எங்கே ஆபத்து அணையாகவும் சுரங்கமாகவும் வருகிறதோ அங்கே அந்தச் சட்டம் நல்ல ஆயுதம். ஜவ்வாது மலையில் நிலைமை வேறு.

நம் மலையின் சந்தன மரங்கள் எங்கே போயின? மலைக்காரர் வெட்டியிருப்பார், கூலிக்கு. வாங்கினது யார், லாரி ஏற்றினது யார், சோதனைச் சாவடியைத் தாண்ட வைத்தது யார்? மரம் தீர்ந்ததும் அதே கைகளுக்கு வேறு காட்டில் வேலை கிடைத்தது. சேஷாசலத்தைப் பற்றி மறுபடியும் வருகிறேன் என்றேனே, இதுதான். 2015 ஏப்ரல் 7 அன்று அங்கே செம்மரம் வெட்ட வந்தவர்கள் என்று சொல்லி 20 தமிழ்த் தொழிலாளர்களை ஆந்திரக் காவல்படை சுட்டுக் கொன்றது. அவர்களில் பலர் நம் திருவண்ணாமலை மாவட்டத்துக்காரர்கள், ஜவ்வாது மலைப்பக்கத்தவர்கள். சொந்த மலையில் பிழைப்பு இல்லாதவன் அடுத்தவர் மலைக்குப் போய்ச் செத்தான். இருக்கிற கொஞ்ச நிலத்தையும் மேய்ச்சலையும் எடுத்துவிட்டுக் கீழே இறக்கினால் அவன் எங்கே போவான்? புலிகள் காப்பகங்களில் வெளியேறும் குடும்பத்துக்கு 10 லட்சம் என்று கொடுத்தார்கள், பிறகு 15 லட்சம் ஆக்கினார்கள். முதுமலையில் அந்தப் பணத்தை இடைத்தரகர்கள் சுருட்டிக்கொண்டதாகப் புகார்கள் வந்தன. 15 லட்சத்துக்கு ஆரணி டவுனில் இன்று எத்தனை சென்ட் வாங்கலாம் என்று ரியல் எஸ்டேட் செய்யும் என் மாணவர்களே சொல்லட்டும்.

மாற்று வழி இருக்கிறது. கர்நாடகத்தின் பிலிகிரிரங்கன் மலையில் சோளகருக்கு 2011-இல், 2006-ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டப்படி, புலிகள் காப்பகத்துக்குள்ளேயே சமூக வன உரிமை தரப்பட்டது. புலி குறையவில்லை, கூடியது. நமக்குப் பக்கத்திலேயே வேடந்தாங்கல். பறவை எச்சம் கலந்த ஏரித் தண்ணீர் வயலுக்கு உரம் என்று தெரிந்த ஊர்மக்கள், அங்கே சுடக்கூடாது என்று வெள்ளைக்காரன் காலத்திலேயே முறையிட்டு, 1798-இல் கலெக்டர் லயோனல் பிளேஸிடம் உத்தரவு வாங்கினார்கள். எல்லோஸ்டோனுக்கு 74 வருடம் முன்னால்! 2020-இல் அந்தச் சரணாலயத்தின் எல்லையைச் சுருக்க முயன்றபோது எதிர்ப்பு கிளம்பி அது கைவிடப்பட்டது. காவலுக்கு ராணுவம் வேண்டியிருக்கவில்லை.

இதெல்லாம் மலைக்காரர் பாடு, பட்டு நெய்யும் நமக்கென்ன என்று நினைக்க வேண்டாம். கமண்டல நாகநதி ஜவ்வாது மலையிலிருந்துதான் வருகிறது. படவேட்டு ரேணுகாம்பாளின் கதையில் வரும் கமண்டலம் அது. அந்த மலையில் மழை நின்று இறங்கினால்தான் செண்பகத்தோப்பு அணைக்குத் தண்ணீர், நம் ஊர்க் கிணறுகளுக்கு ஊற்று. பட்டை அவித்துச் சாயம் தோய்க்க எவ்வளவு தண்ணீர் பிடிக்கும், உப்புத் தண்ணீரில் நிறம் என்ன ஆகும் என்று தறிக்கார வீட்டுப் பிள்ளைகளுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. மலையாளி மக்கள் தங்கள் முன்னோர் காஞ்சிபுரத்திலிருந்து வந்தவர்கள் என்று சொல்வார்கள். நெசவுக்காரர்களிலும் காஞ்சிபுரத்தோடு கொள்வினை கொடுப்பினை இல்லாத வீடு நம் ஊரில் எது?

ஆகவே என் கருத்து: ஜவ்வாது மலைக்குக் காவல் வேண்டும், கடுமையாகவே வேண்டும். குவாரிக்கும் ரிசார்ட்டுக்கும் மரம் வாங்கும் கும்பலுக்கும் எதிராக வேண்டும். கிராம சபைகளுக்கு வன உரிமைப் பட்டா முழுதாகக் கிடைக்க வேண்டும். வனக் காவலர் வேலையில் மலைப் பிள்ளைகளுக்கே முதல் இடம் தர வேண்டும். தேசியப் பூங்கா என்ற பலகை மட்டும் வேண்டாம்.

மாற்றுக் கருத்து உள்ளவர்கள் கீழே எழுதுங்கள், திட்டமாட்டேன். வனத்துறையில் பணிபுரியும் என் மாணவர்கள் மூன்று பேர் இந்தப் பக்கத்தில் இருக்கிறார்கள். சட்ட விவரத்தில் கூடுதலாகச் சொல்ல வேண்டியதை அவர்கள் சொல்லட்டும். உ.வே.சா. 1889-இல் பதிப்பித்த பத்துப்பாட்டு இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. அடுத்த பௌர்ணமிக்குப் பருவதமலை ஏறுகிறவர்கள் மலைபடுகடாத்தை உரையோடு ஒருமுறை படித்துவிட்டுப் போங்கள். தண்ணீர் பாட்டிலை மேலேயே போட்டுவிட்டு வராதீர்கள்.