திருத்த வந்தோரும் திருந்த மறுப்போரும்

குடிப்பவரைத் திருத்த வேண்டும் என்று மனைவி சொல்கிறாள், மாமனார் சொல்கிறார், ஊர்ப் பெரியவர்கள் சொல்கிறார்கள், மருத்துவரும் சொல்கிறார். திருந்த வேண்டும் என்று சொல்ல வேண்டிய ஒருவர் மட்டும் வாயைத் திறக்காமல் தரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருக்கிறார். நம் நாட்டில் குடிநோய்க்கான சிகிச்சை பல வேளைகளில் இப்படித்தான் தொடங்குகிறது. அவர் தாமாக வந்தவர் அல்லர், இழுத்து வரப்பட்டவர்.

காய்ச்சல்காரரை இழுத்து வந்தால்கூட ஊசி போட்டு அனுப்பிவிடலாம். மருந்து அவருடைய சம்மதத்தைக் கேட்டுக்கொண்டு வேலை செய்வதில்லை. மனத்தை மாற்றும் சிகிச்சையோ அவர் பேசினால்தான் நடக்கும். பேச மறுப்பவரிடம் என்ன செய்வது? இது உளவியல் படிப்பவர்களின் கவலை என்று நண்பர்கள் யாரும் பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம். வீட்டில் அப்பா இன்று எந்த நிலையில் இருப்பாரோ என்று அஞ்சிக்கொண்டே மாலைப் பேருந்தில் ஏறுபவர்கள் நம் வகுப்புகளிலேயே எத்தனை பேர் என்று எண்ணிப் பாருங்கள்.

நம்மிடம் இருக்கும் வழிகள் என்ன? முதலாவது அறிவுரை. காசு செலவில்லாதது; ஆகவே தாராளமாக வழங்கப்படுவது. அடுத்தது சத்தியம். குழந்தையின் தலையில் அடித்துச் சத்தியம் செய்யச் சொல்வது, கோயிலில் கயிறு கட்டுவது, மாலை போட வைப்பது. மாலை கழுத்தில் இருக்கும் வரை குடிக்காமல் இருந்து, கழற்றிய அன்றே கடைக்குப் போனவர்களை நம் ஊர்கள் அறியும். சத்தியத்தை மீறியவர் குடியோடு குற்ற உணர்ச்சியையும் சேர்த்துச் சுமக்கிறார். அதை மறக்க மீண்டும் குடிக்கிறார். இவையெல்லாம் பயன்படாதபோது சிலர் கடைசி வழியாக மருந்தைச் சாம்பாரில் கலந்து கொடுக்கிறார்கள். இது மிகக் கொடிய தவறு. டைசல்பிராம் என்னும் மருந்து உடலில் இருக்கும்போது மது அருந்தினால் வாந்தி, நெஞ்சுப் படபடப்பு, இரத்த அழுத்தம் திடீரெனச் சரிதல் ஆகியவை நேரும். உயிரே போகவும் கூடும். தெரிந்து, இசைந்து, மருத்துவர் கண்காணிப்பில் உட்கொள்ள வேண்டிய மருந்து அது.

அறிவுரையின் பயனின்மையை வள்ளுவர் நன்கு அறிந்திருந்தார். கள்ளுண்ணாமை அதிகாரத்தின் ஒன்பதாம் குறளில், கள் மயக்கத்தில் இருப்பவனுக்குக் காரணம் காட்டித் தெளிவிக்க முயல்வதை, நீருக்குள் மூழ்கியவனைத் தீவிளக்கு ஏந்தித் தேடுவதற்கு ஒப்பிடுகிறார். இதை மட்டும் மேடைகளில் எடுத்துச் சொல்லிக் குடிகாரனைத் திருத்தவே முடியாது என்று முடித்துவிடுகிறோம். அடுத்த குறளை யாரும் அவ்வளவாகக் கவனிப்பதில்லை. தான் குடிக்காத வேளையில், குடித்தவன் ஒருவனைக் காணும்போது, தன் நிலையையும் அவன் நினைத்துப் பார்க்க மாட்டானா என்று அங்கே கேட்கிறார். பிறர் சொல்லித் தெரியாததைத் தானே கண்டு தெரிந்துகொள்ள முடியும் என்ற நம்பிக்கை அக்கேள்வியில் இருக்கிறது. என் எண்ணத்தில், இருபதாம் நூற்றாண்டின் இறுதியில் மேலைநாட்டு உளவியலார் வந்து சேர்ந்த இடமும் ஏறக்குறைய இதுவே.

அவர்கள் அங்கே எளிதில் வந்து சேரவில்லை. அமெரிக்காவில் நெடுங்காலம் ‘முகத்துக்கு நேரே உடைத்துச் சொல்லும்’ முறையே கோலோச்சியது. குடிநோயாளி பொய் சொல்பவன், தன் நோயை மறுப்பவன். அந்த மறுப்பை உடைத்தால்தான் மருந்து ஏறும் என்று நம்பினார்கள். 1958-ஆம் ஆண்டு கலிபோர்னியாவில் தொடங்கப்பட்ட சினனான் என்ற அமைப்பில் போதைக்கு அடிமையானவரை நடுவில் உட்கார வைத்து மற்றவர்கள் சுற்றியிருந்து வசை பாடுவதே சிகிச்சை! அவமானப்பட்டவன் திருந்துவான் என்ற கணக்கு. நம்மூர்ப் பஞ்சாயத்துக்கும் அதற்கும் பெரிய வேறுபாடு எனக்குத் தெரியவில்லை.

இந்தக் கணக்கு தவறு என்று சொன்னவர்களில் முதன்மையானவர் வில்லியம் மில்லர் என்னும் அமெரிக்க உளவியலாளர். அவருக்கு அந்தத் தெளிவு பிறந்த விதம் சுவையானது. 1982-இல் அவர் நார்வே நாட்டின் பெர்கன் நகருக்கு அருகில் ஒரு சிகிச்சை நிலையத்தில் தங்கி, இளம் உளவியலாளர்களுடன் உரையாடி வந்தார். அவர்கள் வெறும் விரிவுரையோடு விடவில்லை. “நாங்கள் எங்கள் நோயாளிகளைப் போல் நடிக்கிறோம், நீங்கள் பேசிக் காட்டுங்கள்” என்றார்கள். அவர் பேசப் பேச இடைமறித்து, “ஏன் இந்தக் கேள்வியைக் கேட்டீர்கள்? ஏன் அதை விட்டுவிட்டு இதைப் பிடித்தீர்கள்?” என்று குடைந்தார்கள். தம்மை அறியாமலே கடைப்பிடித்து வந்த முறைக்கு அப்போதுதான் அவர் காரணம் சொல்ல நேர்ந்தது. அதை 1983-இல் ஒரு கட்டுரையாக எழுதினார். பின்னர் ஸ்டீபன் ரோல்னிக் என்பவருடன் சேர்ந்து 1991-இல் நூலாக விரித்தார். மோட்டிவேஷனல் இன்டர்வியூயிங் என்பது அதன் பெயர். நாம் ஊக்க உரையாடல் எனலாம். மாணவர்கள் இடைமறித்துக் கேட்டதால் ஆசிரியருக்குத் தெளிவு பிறந்தது என்பதை நம் விரிவுரையாளர்கள் கவனிப்பார்களாக!

இந்த முறையின் உயிர்நாடி ஒரு சிறிய உண்மை. குடிப்பவர் எவரும் முழு மனத்தோடு குடிப்பதில்லை. விட வேண்டும் என்ற எண்ணமும் விட முடியாது என்ற எண்ணமும் அவருக்குள்ளேயே சண்டையிட்டுக் கொண்டிருக்கின்றன. நாம் ஒரு பக்கம் ஏறி நின்றுகொண்டு “விடு, விடு” என்று கத்தினால், அவருக்கு எஞ்சியிருப்பது மறுபக்கம்தான். அவர் அதற்காக வாதாடத் தொடங்குகிறார். வாதாடும் மனிதன் தன் வாதத்தைத் தானே நம்பிவிடுகிறான் என்பது தேர்தல் காலத்தில் நாம் அனைவரும் காண்பது.

எடுத்துக்காட்டாக ஓர் உரையாடலைக் கற்பனை செய்து கொள்வோம். ஒரு கொத்தனார், மனைவியும் மைத்துனனும் அழைத்து வந்திருக்கிறார்கள்.

“எனக்கு ஒண்ணும் வியாதி இல்ல சார். மச்சான் தொந்தரவு தாங்காம வந்தேன்.”

“குடித்துக் குடித்து உடம்பைக் கெடுத்துக் கொண்டீர்களே, பிள்ளைகளை நினைத்துப் பார்த்தீர்களா?” என்று ஆலோசகர் ஆரம்பித்தால் பதில் தயாராக இருக்கிறது: “எங்க மேஸ்திரி என்னைவிட அதிகமா குடிக்கிறாரு. அவரு நல்லாத்தானே இருக்காரு?” அத்தோடு கதவு சாத்தப்பட்டது. அதே மனிதரிடம் வேறு விதமாகப் பேசிப் பார்ப்போம்.

“உங்க இஷ்டம் இல்லாம கூட்டிக்கிட்டு வந்திருக்காங்க. கோபம் வரத்தானே செய்யும்.”

“ஆமா சார். நாலு பேரு பாக்க இழுத்துக்கிட்டு வராங்க.”

“சரிங்க. குடிக்கிறதுல உங்களுக்கு என்ன சுகம் இருக்கு?”

“நாளெல்லாம் சாரத்துல நின்னு வேலை பார்க்கிறோம். ராத்திரி உடம்பு வலி தெரியாது. படுத்தா தூக்கம் வரும்.”

“வலி தெரியாம தூங்கணும், அதுக்காக. அதுல உங்களுக்கே பிடிக்காதது ஏதாவது உண்டா?”

சிறிது மௌனம். “காலையில கை நடுங்குது சார். தூக்குக்குண்டு விட்டுப் பார்க்கிறப்ப நூல் நிக்க மாட்டேங்குது.”

“வேலையில பேரு எடுத்த கைக்கு அது கஷ்டமாத்தான் இருக்கும்.”

“போன மாசம் பூச்சு வேலைக்கு என்னைக் கூப்பிடல. என்கிட்ட வேலை கத்துக்கிட்ட பையனைக் கூப்பிட்டாங்க.”

இந்தக் கடைசி வாக்கியத்தை எந்த ஆலோசகராலும் தாமாகச் சொல்லியிருக்க முடியாது. கல்லீரல் படத்தைக் காட்டி அரை மணி நேரம் பேசியிருந்தாலும் அவர் மனத்தைத் தொட்டிருக்காது. அவருக்கு உறைத்தது கல்லீரல் அன்று. தொழிலில் இருந்த மதிப்பு. ஒவ்வொருவருக்கும் உறைக்கும் இடம் வேறு. அது எங்கே என்று அவருக்குத்தான் தெரியும். (அந்தக் கை நடுக்கத்தை மருத்துவரும் பார்த்தாக வேண்டும். நாள்தோறும் மிகுதியாகக் குடித்தவர் திடீரென நிறுத்தினால் வலிப்பும் பிதற்றலும் வந்து உயிருக்கே ஆபத்தாகலாம். உரையாடல் மருந்துக்கு மாற்று என்று யாரும் கொள்ள வேண்டாம்.)

மில்லரும் ரோல்னிக்கும் கையாளும் ஒரு கேள்வியை இங்கே சொல்லாமல் இருக்க முடியவில்லை. “குடியை விடுவது உங்களுக்கு எவ்வளவு முக்கியம்? 0 முதல் 10 வரை மதிப்பெண் போடுங்கள்” என்கிறார்கள். அவர் 3 என்கிறார். நாமாக இருந்தால் என்ன கேட்போம்? “ஏன் 10 இல்லை?” என்போம். உடனே அவர் விட முடியாததற்கான காரணங்களை அடுக்குவார். “ஏன் 3? 0 என்று சொல்லவில்லையே, ஏன்?” என்று கேட்டுப் பாருங்கள். இப்போது விட வேண்டியதற்கான காரணங்களை அவரே தேடிச் சொல்லியாக வேண்டும்! கேள்வியில் ஓர் எண் மாறியது, அவ்வளவுதான்.

இவையெல்லாம் வெறும் நல்லெண்ணப் பேச்சா, நிரூபணம் உண்டா என்று அறிவியல் மாணவர்கள் கேட்பது நியாயம். 1985-இல் அமெரிக்க ஆய்வாளர்களான பேட்டர்சனும் ஃபார்காட்ச்சும் பெற்றோர்களுக்கான சிகிச்சை அமர்வுகளைக் கூர்ந்து ஆராய்ந்தார்கள். சிகிச்சையாளர் ‘கற்பிக்க’ முற்பட்டபோதும் எதிர்த்துப் பேசியபோதும் வந்தவரின் முரண்டு கூடியது. ஆதரவாகப் பேசியபோது குறைந்தது. 1993-இல் மில்லரும் உடன் ஆய்வாளர்களும் வெளியிட்ட ஆய்வு இன்னும் கடுமையானது: சிகிச்சையாளர் எவ்வளவுக்கெவ்வளவு மோதினாரோ, ஓராண்டுக்குப் பிறகு அந்த மனிதர் அவ்வளவுக்கவ்வளவு அதிகம் குடித்தார். ப்ராஜெக்ட் மேட்ச் என்ற பெரிய ஆய்வில் 1,726 பேர் பங்கேற்றார்கள். மூன்று வகை சிகிச்சைகளை ஒப்பிட்டார்கள். இரண்டில் 12 அமர்வுகள். ஊக்க உரையாடலைத் தழுவிய மூன்றாவதில் 4 அமர்வுகள் மட்டுமே. 1997-இல் வெளியான முடிவின்படி மூன்றின் பலனும் ஏறத்தாழ ஒன்றே. இது மந்திரம் அன்று என்பதும் அதிலிருந்தே தெரிகிறது. ஆனால் மருத்துவர்களும் ஆலோசகர்களும் போதாத நம்மைப் போன்ற நாட்டுக்கு 12-க்குப் பதில் 4 என்பது சிறிய செய்தியா?

ஒரு மறுப்பை நான் மதிக்கிறேன். அவர் வாயிலிருந்தே சொல்லை வரவழைப்பது ஒருவகைத் தந்திரம்தானே, விற்பனைக்காரர் செய்வதும் இதுதானே என்பது அது. வேறுபாடு இருக்கிறது. விற்பனைக்காரருக்கு ஒரே முடிவுதான் வேண்டும். இங்கே, “விடுவதும் விடாததும் உங்கள் முடிவு” என்று ஆலோசகர் மெய்யாகவே ஒப்புக்கொள்ள வேண்டும். மனத்தில் ஒன்றை வைத்துக்கொண்டு வாயில் மட்டும் இதைச் சொன்னால், எதிரில் இருப்பவர் உடனே மோப்பம் பிடித்துவிடுவார். இம்முறையில் கடினமான பகுதி இதுவே என்று நினைக்கிறேன். நம்மில் பலருக்குக் குழந்தைப் பருவம் முதல் அப்படி யாரும் முடிவை விட்டுக்கொடுத்ததில்லை.

அப்படியானால் அந்த மனைவி என்ன செய்வாள்? அவளையும் பொறுமையாகக் கேள்வி கேட்டுக்கொண்டிரு என்று சொல்லலாமா? அடி வாங்குகிறவளிடம் அதைச் சொல்வது அநியாயம்; அவளுக்கு முதலில் வேண்டியது பாதுகாப்பு. சிகிச்சைக்கு வரவே மறுப்பவரின் குடும்பத்தாருக்கென்று ராபர்ட் மேயர்ஸ் என்பவர் உருவாக்கிய ‘கிராப்ட்’ என்னும் பயிற்சி முறை அவளுடைய பாதுகாப்பையும் நலனையும் சேர்த்தே பார்க்கிறது. அவர் குடிக்காத மாலைகளை இனிமையாக்குவது, குடித்த இரவில் வாதத்தை விட்டு விலகுவது, குடியின் விளைவுகளை மூடி மறைக்காமல் அவரே சந்திக்க விடுவது, ஏற்ற வேளை பார்த்துச் சிகிச்சையைப் பற்றிப் பேசுவது என்று கற்றுத் தருகிறார்கள். 1999-இல் வெளியான ஓர் ஆய்வில் இப்பயிற்சி பெற்ற குடும்பங்களில் 64 விழுக்காட்டில் குடிப்பவர் சிகிச்சைக்கு வந்தார். உறவினர் எல்லோரும் கூடித் திடீரென முகத்துக்கு நேரே பேசும் முறையில் 30 விழுக்காடு. தன் மனத்தை மட்டும் தேற்றிக்கொள்ளும் முறையில் 13. வீட்டில் இருப்பவர்கள் கையாலாகாதவர்கள் அல்லர் என்பது இதனால் விளங்கும். சென்னையில் 1980-இல், கணவரைக் குடிநோய்க்குப் பறிகொடுத்த திருமதி சாந்தி ரங்கநாதன் தொடங்கிய டி.டி.கே. மருத்துவமனையும் குடும்பத்தாரைச் சிகிச்சையின் ஒரு பகுதியாகவே நடத்தி வருகிறது.

மதுவை அரசே விற்கும் நாட்டில் தனிமனிதன் மனத்தை மட்டும் குடைந்து என்ன பயன் என்று சிலர் கேட்கலாம். நல்ல கேள்வி. 2003 முதல் சில்லறை விற்பனையும் அரசு நிறுவனத்திடமே இருக்கிறது. அதைப் பேசத் தொடங்கினால் இம்மலரின் பக்கங்கள் போதா. ஆசிரியர் குழுவின் கத்தரிக்கோலும் சும்மா இராது. கடை மூடும் வரை காத்திருக்க அந்தக் கொத்தனாருக்கு நேரமில்லை என்று மட்டும் சொல்லி வைக்கிறேன்.

நம் கல்லூரிக்கு வருவோம். போதை எதிர்ப்பு உறுதிமொழி எடுக்கிறோம், பேரணி போகிறோம், தட்டிகள் எழுதுகிறோம். உறுதிமொழியை உரக்கச் சொல்பவர் குடிக்காதவர். குடிப்பவர் பின்வரிசையில் உதட்டை மட்டும் அசைக்கிறார். வருகைப்பதிவு குறைந்த மாணவனைத் துறைக்கு அழைத்துப் பெற்றோர் முன்னிலையில் நிற்க வைப்பதும் இவ்வகைதான். அவன் “இனி ஒழுங்காக வருகிறேன், சார்” என்கிறான். அது நாம் சொல்லச் சொன்ன வாக்கியம். அவன் ஏன் வரவில்லை, இரவு எந்தக் கடையில் வேலை பார்க்கிறான், வந்த நாள்களிலாவது ஏன் வந்தான் என்பதை எவரும் கேட்டிருக்க மாட்டோம். 3 மதிப்பெண் போட்ட மனிதரிடம் 10 எங்கே என்று கேட்கும் பழக்கம் நமக்கு.

நாட்டு நலப்பணித் திட்டச் சிறப்பு முகாமில் குளம் தூர்வாருகிறோம், மரம் நடுகிறோம். அடுத்த முகாமில் ஒரே ஒரு மாலையை இதற்கு ஒதுக்கலாம் என்பது என் வேண்டுகோள். மேடை வேண்டாம், சொற்பொழிவு வேண்டாம். இரண்டிரண்டு பேராக உட்கார்ந்து, ஒருவர் இழுத்து வரப்பட்டவராகவும் மற்றவர் கேட்பவராகவும் பேசிப் பார்க்கலாம். பெர்கனில் செய்ததைப் போல இடைமறித்துக் கேள்வி கேட்கலாம். அறிவுரை ஒன்றுகூடச் சொல்லாமல் பத்து நிமிடம் தாக்குப்பிடிப்பவர் எத்தனை பேர் என்று பார்க்க எனக்கும் ஆவல். மாவட்ட மனநலத் திட்டத்தில் பணிபுரியும் உளவியலாளர் ஒருவரை உடனிருக்கும்படி கல்லூரியின் சார்பில் கடிதம் எழுதிக் கேட்கலாம். முகாம் நடக்கும் ஊரில் யாரேனும் தம் வீட்டுக் கதையைச் சொல்லி வழி கேட்டால், 14416 என்ற டெலி மானஸ் இலவச எண்ணை எழுதித் தரத் தாளும் பேனாவும் கையில் இருந்தால் போதும்.