சோதனையை அணைக்கச் சொல்லும் மென்பொருள்

ஒரு மென்பொருளை நிறுவும்போது கோப்பின் முழுமைச் சோதனை தோற்றதாகத் திரையில் செய்தி வந்தால், தயாரித்தவர் அனுப்பிய கோப்பும் கணினிக்கு வந்துசேர்ந்த கோப்பும் வேறுவேறு என்று பொருள். பல சமயம் காரணம் அற்பமானது: பதிவிறக்கம் பாதியில் அறுந்திருக்கும், பென்டிரைவ் பழுதாகியிருக்கும். மறுபடி இறக்கினால் சரியாகும். சரியாகாவிட்டால் யாரோ கைவைத்திருக்கலாம்.

சோதனை ஒரு கணக்கு. கோப்பு முழுவதையும் எஸ்எச்ஏ-256 முறையில் கணக்கிட்டால் 64 இலக்கக் குறியீடு கிடைக்கும். கோப்பில் ஒரு பிட் மாறினாலும் குறியீடு அடியோடு மாறிவிடும்; தயாரித்தவர் தந்த குறியீட்டோடு ஒப்பிட்டால் அது தெரிந்துவிடும். ஆனால் கோப்பை மாற்றியவரே குறியீட்டையும் எழுதித் தந்தால்? சிவகாசிக்கு இந்தச் சிக்கல் புதிதல்ல. பசுமைப் பட்டாசுப் பெட்டிகளில் அசலை அடையாளம் காணக் கியூஆர் குறியீடு வந்தது. அதற்கும் போலி வந்துவிட்டதாக 2021இல் உச்ச நீதிமன்றம்வரை பேச்சு போனது.

மென்பொருளில் இத்தகைய போலியைத் தடுக்கவே டிஜிட்டல் கையொப்பம். அதை இடும் ரகசியச் சாவி தயாரிப்பாளரிடம் மட்டும் இருக்கும். ஆண்ட்ராய்டு போன், புதிய பதிப்பின் கையொப்பம் பழையதோடு பொருந்தாவிட்டால் ஏற்காது. மாற்றியமைத்த செயலிகள் "முதலில் பழையதை நீக்குங்கள்" என்று கேட்பது இதனால்தான். எஃப்எம் வாட்ஸ்அப் என்ற அப்படியொரு செயலியின் ஒரு பதிப்பில் டிரையாடா என்ற தீநிரல் ஒளிந்திருந்ததை 2021இல் காஸ்பர்ஸ்கி கண்டறிந்தது.

கணினியில் இதன் மறுவடிவம், "ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு நிறுவுங்கள்" என்னும் குறிப்பு. பூட்டு உடைத்த டிசைன் மென்பொருள்களோடு இது தவறாமல் வரும். கோப்புகளைப் பூட்டிப் பணம் பறிக்கும் ஸ்டாப் வகை நச்சுநிரல் பெரிதும் பரவுவது இந்த வழியில்தான். ஆடிப்பெருக்குக்கு காலண்டர் ஆல்பம் வெளியிடும் சிவகாசி அச்சகத்தில், அதற்கு முந்தைய வாரம் டிசைன் கோப்புகள் பூட்டப்பட்டால் அந்த ஆண்டின் ஆர்டரே ஆட்டம் காணும். திருட்டு நகலைத் தெரிந்தே பயன்படுத்துவது 1957ஆம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தின் 63பி பிரிவில் குற்றமும்கூட.

கையொப்பமும் முழுக் காப்பல்ல. 2017இல் சிசிகிளீனர் 5.33 பதிப்பு, நிறுவனத்தின் உண்மையான கையொப்பத்தோடே தீநிரலைச் சுமந்து 20 லட்சத்துக்கும் மேற்பட்ட கணினிகளுக்குச் சென்றது. ஆயினும் அது அரிது. பூட்டு உடைத்த நகல் தெருவுக்குத் தெரு கிடைக்கிறது.

விலை கட்டுப்படியாகாத டிசைனர்களுக்கு இங்க்ஸ்கேப், ஸ்கிரைபஸ் இரண்டும் இலவசம். பழைய கோரல்டிரா கோப்புகள் அவற்றில் அப்படியே திறப்பதில்லை என்பதுதான் தொல்லை. புதிய வேலைகளிலிருந்து மாறத் தொடங்குவதே நடைமுறைக்கு ஏற்றது.