புரை ஆபரேஷனுக்கு முன் நரம்பு மாத்திரையை நிறுத்தச் சொன்னது யார்?

கண்புரை ஆபரேஷனுக்குத் தேதி குறித்தாயிற்று என்று தெரிந்ததும், வீட்டுக்கு வருகிறவர்கள் ஆளுக்கொரு யோசனை சொல்லிவிட்டுப் போவார்கள். தலைக்குக் குளிக்காதே, குனியாதே, பருப்பைத் தொடாதே. இந்தப் பட்டியலில் இன்னொன்றும் சேர்ந்திருக்கிறது: “நரம்பு மாத்திரை போடுறீங்களா? ஒரு வாரத்துக்கு முன்னாடியே நிறுத்திடுங்க. கண்ணு விஷயம், விளையாடாதீங்க.” சொல்கிறவரின் அக்கறையில் குறையில்லை, யோசனைதான் தவறு. பருப்பை விட்டால் பெரிய நஷ்டம் ஒன்றுமில்லை. நரம்பு மாத்திரையைத் திடீரென்று விட்டால், அதன் விலையை ஆபரேஷன் மேஜையிலேயே கொடுக்க வேண்டி வரலாம்.

இது யாரோ சிலருடைய பிரச்சினை அல்ல. பத்து, இருபது வருடம் சர்க்கரை நோயோடு இருக்கிறவர்களில் பலருக்குப் பாதம் எரிகிறது, மதமதப்பாக இருக்கிறது, இரவில் ஊசி குத்துகிறது. அதற்கு ப்ரீகாபாலினோ கேபாபென்டினோ எழுதித் தருகிறார்கள். அதே சர்க்கரை நோய் கண்ணில் புரையையும் மற்றவர்களைவிட முன்கூட்டியே கொண்டுவருகிறது. அக்கி வந்து ஆறிய பிறகும் எரிச்சல் தீராதவர்கள், முக நரம்பு வலிக்கு கார்பமசெபைன் சாப்பிடுகிறவர்கள், அமிட்ரிப்டிலின், நார்ட்ரிப்டிலின், டுலாக்செட்டின் போட்டுக்கொள்கிறவர்கள் என்று இந்த வரிசை நீளமானது. பெரும்பாலும் புரை விழுகிற வயதுக்காரர்கள்.

நிறுத்தச் சொல்கிறவர்கள் முதலில் காட்டுகிற காரணம், மயக்க மருந்தோடு மோதும் என்பது. எந்த மயக்க மருந்து? இன்று புரை ஆபரேஷன்களில் மிகப் பெரும்பாலானவை முழு மயக்கம் இல்லாமல்தான் நடக்கின்றன. மரத்துப்போகச் சொட்டு மருந்து விடுகிறார்கள், அல்லது கண்ணைச் சுற்றி ஊசி போடுகிறார்கள். நோயாளி விழித்தே இருக்கிறார். டாக்டர் பேசுவது காதில் விழுகிறது. சிக்கலில்லாத கண் என்றால் கால் மணி நேரத்துக்குள் புரையை எடுத்து லென்ஸ் வைத்துவிடுகிறார்கள். அந்தச் சொட்டு மருந்துக்கும் நரம்பு மாத்திரைக்கும் மோதல் ஏதும் இல்லை. சொல்லப்போனால், மற்ற பல ஆபரேஷன்களுக்கு முன்னால் வலியைக் குறைக்க கேபாபென்டினையும் ப்ரீகாபாலினையும் மயக்கவியல் மருத்துவர்களே கொடுத்திருக்கிறார்கள்.

ஆனாலும் இந்தக் காரணத்தை முழுப் பொய் என்று தள்ளிவிட முடியாது. பயந்து நடுங்குகிறவர்களுக்கு மிடசோலம் போன்ற தூக்க ஊசியைக் கொஞ்சம் கொடுப்பதுண்டு. ப்ரீகாபாலினும் கேபாபென்டினும் தூக்கத்தைத் தருபவை. இரண்டும் சேர்ந்தால், வயதானவருக்கும் நுரையீரல் நோய் உள்ளவருக்கும் மூச்சு மந்தமாகலாம். இவ்வகை மாத்திரைகளால் அப்படிப்பட்டவர்களுக்கு மூச்சுப் பிரச்சினை வரலாம் என்று அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 2019 டிசம்பரில் எச்சரிக்கை வெளியிட்டது. சிறுநீரகம் பழுதானவர்களுக்கு இன்னும் ஒரு படி கூடுதல் கவனம் வேண்டும். உடம்புக்குள் போகும் ப்ரீகாபாலினில் ஏறக்குறைய 90 சதவீதம் மாறாமல் சிறுநீரில்தான் வெளியேறுகிறது. சிறுநீரகம் தளர்ந்தால் மருந்து தேங்கும். இதற்கெல்லாம் வழி, மயக்கவியல் மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்வது. தூக்க ஊசியைக் குறைப்பதா, விட்டுவிடுவதா, காலை மாத்திரையின் நேரத்தை மாற்றுவதா என்பதை அவர் முடிவு செய்வார். வீட்டில் உட்கார்ந்து நாமே ஒரு வாரத்துக்கு முன்னால் நிறுத்துவது அந்த முடிவுக்கு ஈடாகாது.

ரத்தம் நிற்காது என்பது இரண்டாவது காரணம். இது ஆஸ்பிரின், க்ளோபிடோக்ரல் பற்றிக் கேட்ட கதை. வாய் மாறி நரம்பு மாத்திரையின் தலையில் விழுந்திருக்கிறது. ப்ரீகாபாலின், கேபாபென்டின் இரண்டும் ரத்தத்தை இளக்குவதில்லை. டுலாக்செட்டின் மட்டும், ஆஸ்பிரினோ வலி மாத்திரையோ கூடவே எடுத்தால், ரத்தக்கசிவு வாய்ப்பைக் கொஞ்சம் கூட்டும். புரையை உடைத்து உறிஞ்சி எடுக்கும் ஃபேகோ முறையில் கருவிழி ஓரத்தில் போடுகிற வெட்டு இரண்டு மூன்று மில்லிமீட்டர்தான். கருவிழியில் ரத்தக்குழாயே கிடையாது. ஆஸ்பிரினைக்கூடப் பெரும்பாலும் நிறுத்தாமலே புரையை எடுக்கிறார்கள்.

மூன்றாவதுதான் ஆபத்தானது: “ஒரு வாரம்தானே, நிறுத்தினா என்ன ஆயிடப்போகுது?”

ஆகும். ப்ரீகாபாலினும் கேபாபென்டினும் ரத்தத்தில் பாதியாகக் குறைய ஏறக்குறைய ஆறு மணி நேரம் போதும். மாதக்கணக்கில் சாப்பிட்டவர் சட்டென்று நிறுத்தினால் ஓரிரு நாளிலேயே தூக்கம் கெடும், வியர்க்கும், குமட்டும், தலை வலிக்கும், படபடக்கும். அடங்கியிருந்த பாத எரிச்சல் திரும்ப வரும். வலிப்பு நோய் உள்ளவருக்கு வலிப்பே வரலாம். அதனால்தான் நிறுத்த வேண்டிய தேவை உண்மையிலேயே வந்தாலும், குறைந்தது ஒரு வாரமாவது எடுத்துக்கொண்டு படிப்படியாகக் குறையுங்கள் என்று மருந்தின் குறிப்பேட்டிலேயே சொல்லியிருக்கிறது. டுலாக்செட்டினையும் அமிட்ரிப்டிலினையும் திடீரென்று விட்டாலும் தலைசுற்றல், எரிச்சல், தூக்கமின்மை எல்லாம் உண்டு.

இதை ஆபரேஷன் அறையில் வைத்துப் பார்க்க வேண்டும். புரை ஆபரேஷனில் நோயாளியிடம் டாக்டர் எதிர்பார்ப்பது ஒன்றே ஒன்று: அசையாமல் மல்லாந்து படுத்திருப்பது. நுண்ணோக்கியின் கீழ், லென்ஸைத் தாங்கி நிற்கும் மெல்லிய பையைக் கிழிக்காமல் புரையை மட்டும் உடைத்து உறிஞ்சுகிற வேலை அது. அந்தப் பையின் பின்சுவர் முடியைவிட மெலிசு. இரண்டு இரவு தூங்காமல், பாதம் தீயாய் எரிய, படபடப்போடு வந்து படுத்தவர் காலைச் சட்டென்று இழுத்தால் தலையும் அசையும். ரத்த அழுத்தம் ஏறிப்போனால் ஆபரேஷனையே தள்ளி வைத்துவிடுவார்கள். கண்ணைக் காப்பாற்றுவதாக நினைத்து நிறுத்தியவர், கண்ணுக்கே அபாயத்தைக் கூட்டிக்கொண்டுதான் வருகிறார்.

முக நரம்பு வலிக்காரர்களின் நிலை இன்னும் மோசம். அந்த நோயில் கன்னத்தில் காற்றுப் பட்டாலே மின்சாரம் பாய்ந்தது போல வெட்டி இழுக்கும். ஆபரேஷனுக்கு முன் என்ன செய்கிறார்கள்? முகத்தை பீட்டாடைன் போட்டுத் துடைக்கிறார்கள், ஒட்டும் பிளாஸ்டிக் விரிப்பைக் கண்ணைச் சுற்றி அழுத்துகிறார்கள், இமையை விரித்து வைக்கக் கம்பி மாட்டுகிறார்கள். கார்பமசெபைனை நிறுத்திவிட்டு இதற்கெல்லாம் முகத்தைக் கொடுக்கச் சொல்வதைக் கொடுமை என்றுதான் சொல்வேன்.

வெறும் வயிற்றோடு வரச் சொன்னார்களே, மாத்திரை எப்படிப் போடுவது என்று கேட்பார்கள். சொட்டு மருந்து மட்டும் என்றால் பல இடங்களில் லேசாகச் சாப்பிட்டே வரச் சொல்கிறார்கள். பட்டினி அவசியம் என்கிற இடத்திலும், வழக்கமான மாத்திரையை ஒரு மிடறு தண்ணீரோடு விழுங்க அனுமதி இருக்கும், கேட்டுக்கொள்ள வேண்டும். சர்க்கரை மாத்திரைக்கும் இன்சுலினுக்கும் மட்டும் கணக்கு வேறு. சாப்பிடாத காலையில் அவற்றைப் போட்டால் சர்க்கரை தாழ்ந்துவிடலாம். “காலைல மாத்திரை எதுவும் வேண்டாம்” என்று பொத்தாம்பொதுவாகச் சொல்லும்போது, சர்க்கரை மாத்திரைக்குச் சொன்னது நரம்பு மாத்திரைக்கும் சேர்ந்துவிடுகிறது. குழப்பத்தில் பாதி இங்கே பிறப்பதுதான்.

நரம்பு மாத்திரை பார்வையைக் கெடுக்கும் என்பது அடுத்த வாதம். ப்ரீகாபாலின் சிலருக்குப் பார்வையை மங்கலாக்கும்; மருந்தின் பக்கவிளைவுப் பட்டியலிலேயே அது இருக்கிறது. மங்கலுக்குக் காரணம் புரையா மாத்திரையா என்று பிரித்துப் பார்ப்பதற்காகவாவது டாக்டருக்கு இது தெரிந்திருக்க வேண்டும். அமிட்ரிப்டிலின், நார்ட்ரிப்டிலின், டுலாக்செட்டின் மூன்றும் கண்ணின் பாவையை விரியச் செய்பவை. கண்ணுக்குள் நீர் வடியும் கோணம் குறுகலாக இருப்பவர்களுக்கு இவற்றால் கண் அழுத்தம் திடீரென்று ஏறலாம். புரை முற்றி ஊதிய கண்ணில் அந்தக் கோணம் இன்னும் குறுகியிருக்கும். ஆக, இந்தப் பயத்துக்கு ஆதாரம் உண்டு. ஆனால் ஊதிய லென்ஸை எடுத்துவிட்டு மெல்லிய செயற்கை லென்ஸ் வைத்ததும் அந்தக் கோணம் அகன்றுவிடுகிறது. மாத்திரையைக் காட்டிப் பயமுறுத்தப்பட்டவருக்கு ஆபரேஷனே பாதுகாப்பாக அமைகிறது. பாவையை விரிக்க விடும் சொட்டிலும் ஒரு செய்தி இருக்கிறது. நம் ஊரில் பரவலாகப் பயன்படும் சொட்டில் ட்ரோபிகமைடோடு ஃபினைல்எஃப்ரின் 5 சதவீதம் கலந்திருக்கும். அமிட்ரிப்டிலின் வகை சாப்பிடுகிறவருக்கு அது ரத்த அழுத்தத்தைக் கூடுதலாக ஏற்றக்கூடும். டாக்டருக்குத் தெரிந்தால் சொட்டை மாற்றிவிடலாம். ஒரு நிமிட வேலை.

தெரிந்தால்தானே? நிறுத்திவிடுகிறவர்களுக்கு நேர் எதிர்க் கூட்டம் ஒன்று உண்டு. “அது வெறும் சத்து மாத்திரைதான், அதையெல்லாம் டாக்டர்கிட்ட சொல்லணுமா?” என்பது அவர்கள் கட்சி. இந்தியக் கடைகளில் ப்ரீகாபாலின் பெரும்பாலும் மெத்தில்கோபாலமினோடு, அதாவது பி12 வைட்டமினின் ஒரு வடிவத்தோடு, சேர்ந்தே ஒரே மாத்திரையாக வருகிறது. நார்ட்ரிப்டிலின் சேர்ந்த மாத்திரையும் உண்டு. அட்டையில் வைட்டமின் பெயரைப் பார்த்துவிட்டுச் சத்து மாத்திரை என்று முடிவு கட்டிவிடுகிறார்கள். மற்ற மருந்துகளைச் சொல்லும்போது இது விட்டுப்போகிறது. சிறுநீர் தாராளமாகப் போக ஆண்களுக்குக் கொடுக்கும் டாம்சுலோசினுக்கும் இதே கதிதான். கண்ணுக்கும் அதற்கும் என்ன சம்பந்தம் என்று தோன்றும். ஆபரேஷன் நடுவே கண்ணின் கருந்திரை தொளதொளத்து மடங்க அதுவே காரணமாகலாம் என்று 2005-இல் மருத்துவ இதழில் எழுதினார்கள். நிறுத்திவிட்டு வந்தாலும் அந்த விளைவு போவதில்லை. முன்பே தெரிந்தால் டாக்டர் தயாராக இருப்பார், அவ்வளவுதான்.

ஆபரேஷனுக்குப் பிறகும் இரண்டு தவறான நம்பிக்கைகள் தொடர்கின்றன. கண் வலித்தால் நரம்பு மாத்திரையில் ஒன்று கூடப் போட்டுக்கொள்ளலாம் என்பது ஒன்று. லேசான உறுத்தல், அரிப்பு, நீர் வடிதல் வழக்கம்தான். வலி ஏறிக்கொண்டே போய், கண் சிவந்து, பார்வை மங்கினால் அது கண்ணுக்குள் கிருமி புகுந்த அறிகுறியாக இருக்கலாம். அதற்கு நரம்பு மாத்திரை மருந்தல்ல. அன்றைக்கே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். இன்னொன்று, கை கால் மதமதப்பு கூடிவிட்டது, நரம்பு மோசமாகிவிட்டது என்ற பதற்றம். கண் அழுத்தத்தைக் குறைக்கச் சிலருக்குக் கொடுக்கும் அசெட்டசோலமைடு மாத்திரை, விரல் நுனியிலும் பாதத்திலும் குறுகுறுப்பை உண்டாக்கும். நிறுத்தினால் போய்விடும். ஆனால் கார்பமசெபைன் சாப்பிடுகிறவருக்கு, ரத்தத்தில் அந்த மருந்தின் அளவை அது ஏற்றலாம். சிறுநீரகக் கோளாறு உள்ளவருக்கும் ஏற்றதல்ல. அதை எழுதும் டாக்டரிடம் இரண்டையும் சொல்லியாக வேண்டும். வீட்டுக்கு வந்த பிறகு கவனிக்க இன்னும் சில உண்டு. வயிற்றெரிச்சலுக்கு ஜெலூசில் வகை மருந்து குடித்தால் கேபாபென்டினை இரண்டு மணி நேரம் தள்ளிப் போடுங்கள். சேர்த்துப் போட்டால் உடம்பில் சேர்வது குறையும். ஒரு வேளை மறந்துவிட்டால் அடுத்த வேளைக்கு இரண்டாகப் போட வேண்டாம். முதல் இரவில் ஒரு கண்ணில் மூடி இருக்கும், மாத்திரையின் கிறக்கமும் இருக்கும். பாத்ரூமுக்குத் தனியாக எழுந்து போகாதீர்கள்.

ஆஸ்பத்திரிக்குப் போகும்போது வீட்டில் இருக்கிற எல்லா மாத்திரை அட்டைகளையும், சத்து மாத்திரை என்று நினைப்பவை உட்பட, ஒரு பையில் போட்டு எடுத்துக்கொண்டு போங்கள். கண் டாக்டரிடமும் மயக்க மருந்து கொடுப்பவரிடமும் காட்டி, “இதுல எதை, எத்தனை மணிக்கு?” என்று கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். அவர்கள் நிறுத்தச் சொன்னால் நிறுத்துங்கள், எப்படிக் குறைப்பது என்றும் கேளுங்கள். வேறு யார் சொன்னாலும் நிறுத்தாதீர்கள்.