நீரிழிவுப் புரட்டு

சுவாமிமலையைப் பற்றிச் சொல்லப்படுகின்ற கதை யாவருக்கும் தெரிந்ததே. மகன் குருவாக உட்கார்ந்து கொள்ள, தகப்பன் வாய் பொத்தி நின்று ஓர் எழுத்துச் சொல்லுக்கு அர்த்தம் கேட்டுக் கொண்டானாம். அது நடந்ததா, நடக்கக் கூடியதா என்பது ஒரு புறமிருக்கட்டும். அர்த்தம் தெரியாத சொல்லுக்குத் தெய்வமே ஆனாலும் அர்த்தம் கேட்டுத் தெரிந்து கொள்ளத்தான் வேண்டும் என்கின்ற மட்டில் அக்கதையில் நமக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் அங்குள்ள அறுபது படிகளையும் ஏறி இறங்குகின்ற நம் மக்களில், தங்கள் மடியில் முடிந்து வைத்திருக்கின்ற சர்க்கரை மாத்திரையின் பெயருக்கு அர்த்தம் கேட்டவர்கள் எத்தனை பேர் என்று கேட்கின்றோம்.

இது விளையாட்டுச் சங்கதி அல்ல. இந்தியாவில் 10 கோடிப் பேருக்கு மேல் இந்த வியாதி இருக்கின்றது என்று இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் ஆராய்ச்சி 1923-ல் அல்ல, 2023-ல் சொல்லியிருக்கின்றது. பெரியவர்களில் நூற்றுக்கு 11 பேருக்கு மேல் என்று அர்த்தம். பணக்காரன் வியாதி என்று ஒரு காலத்தில் சொன்னார்கள். இன்று மூன்று வேளையும் தீட்டிய அரிசிச் சோறே கதியாய் இருக்கின்ற நமது காவேரிக் கரையில் நடவு நடுகின்றவளுக்கும் இது இருக்கின்றது, வெற்றிலைக் கொடிக்காலில் வேலை செய்கின்றவனுக்கும் இருக்கின்றது. காலில் முள் குத்தினது தெரியாமல், புண் புரையோடி, கடைசியில் காலையே எடுக்க வேண்டி வருகின்றவர்களில் பெரும்பாலோர் இந்த ஏழைகளே ஆவார்கள்.

இப்படிப்பட்ட வியாதிக்கு நமது ஜில்லாக்களில் நடக்கின்ற வைத்தியத்தின் யோக்கியதையைப் பாருங்கள். தஞ்சாவூரிலிருந்து நீடாமங்கலம் போகின்ற ரஸ்தாவில் கோவில்வெண்ணி என்று ஓர் ஊர் இருக்கின்றது. அங்கே கரும்பேஸ்வரர் என்று ஒரு சாமி. ரவையையும் சர்க்கரையையும் கலந்து கோவிலைச் சுற்றிப் போட வேண்டியது. எறும்பு வந்து ரவையை விட்டுவிட்டுச் சர்க்கரையைத் தின்றுவிட்டால், போட்டவன் உடம்பிலுள்ள சர்க்கரையும் தீர்ந்துவிடுமாம். நாம் கேட்கின்றோம்: எறும்பு தின்றது மளிகைக் கடைச் சர்க்கரையா, உன் இரத்தத்துச் சர்க்கரையா? ஒரு மனிதனுடைய இரத்தம் முழுவதிலும் ஒரு சமயத்தில் ஓடுகின்ற சர்க்கரை ஒரு தேக்கரண்டி அளவுதான். அதற்குக் கால் கிலோ சர்க்கரை வாங்கிக் கொட்டுவானேன்? இன்னும் வேடிக்கை என்னவென்றால், எறும்புக்கும் இந்த வியாதிக்கும் வாஸ்தவத்திலேயே ஒரு பழைய சம்பந்தம் உண்டு. சிறுநீர் கழித்த இடத்தில் எறும்பு மொய்த்தால் நீரிழிவு என்று நம் பாட்டிகள் கண்டுபிடித்து வைத்திருந்தார்கள். அது நல்ல அறிவு. கண்ணால் பார்த்து வந்த அறிவு. அன்று எறும்பு பரிசோதனைக் கூடத்துச் சிப்பந்தி வேலையை ஒழுங்காய்ப் பார்த்துக் கொண்டிருந்தது. அதற்கு டாக்டர் உத்தியோகம் கொடுத்தவர்கள் பக்தர்களே ஒழிய எறும்பல்ல.

நிற்க, பெயர் விஷயத்துக்கு வருவோம். "ஊசி போட வேண்டாம், மாத்திரையிலேயே இன்சுலின் கொடுத்துவிட்டார்கள்" என்று நம்மவர்கள் பேசிக் கொள்ளுகின்றார்கள். இது சுத்தப் பிசகு. இன்சுலின் என்பது கணையத்தில் ஊறுகின்ற ஒரு புரதம். 1921-ல் கனடா தேசத்து டொரண்டோவில் பான்டிங், பெஸ்ட் என்பவர்கள் அதைப் பிரித்தெடுத்தார்கள். 1922 ஜனவரியில் சாகக் கிடந்த 14 வயதுப் பையனுக்குப் போட்டார்கள். முட்டையைத் தின்றால் வயிறு செரித்துவிடுவது போல இன்சுலினை விழுங்கினாலும் செரித்துவிடும், அதனாலேயே ஊசி. மாத்திரையில் இருப்பது இன்சுலின் அல்லவே அல்ல. அது வேறு மருந்து, வேறு வேலை.

அந்த வேறு மருந்து எந்த ரிஷிக்கும் ஞானதிருஷ்டியில் தெரிந்ததல்ல. 1942-ல் பிரான்சில் மான்பெல்லியே ஊரில் ழான்போன் என்ற டாக்டர், டைபாய்டு ஜுரக்காரர்களுக்கு ஒரு புதிய கந்தக மருந்தைக் கொடுத்துப் பார்த்தார். ஜுரம் ஒரு புறமிருக்க, நோயாளிகளுக்கு வலிப்பு வந்தது, நினைவு தப்பிற்று, சிலர் செத்தும் போனார்கள். நம் ஊராயிருந்தால் "விதி", "கிரகம்" என்று சொல்லித் தலை முழுகியிருப்பார்கள். அவர்களோ "ஏன்?" என்று கேட்டார்கள். இரத்தத்தில் சர்க்கரை மிதமிஞ்சிக் குறைந்து போனதே காரணம் என்று தெரிந்தது. அதே ஊரில் லூபாத்தியேர் என்பவர் நாய்களிடம் சோதித்து, கணையம் இருக்கின்ற நாய்க்கு இம்மருந்து சர்க்கரையைக் குறைக்கின்றது, கணையத்தை எடுத்துவிட்ட நாய்க்குக் குறைப்பதில்லை என்று நிரூபித்தார். ஆகவே மருந்து தானே இன்சுலின் அல்ல. உள்ளே இருக்கின்ற கணையத்தைத் தூண்டி இன்சுலினை விடச் சொல்லுகின்றது, அவ்வளவுதான். இந்த வம்சத்துக்குப் பெயர் சல்ஃபோனைல்யூரியா. ஜெர்மனியில் 1955-ல் கார்புட்டமைடு, 1956-ல் டோல்புட்டமைடு, பிறகு குளோர்ப்ரோபமைடு, 1969-ல் கிளிபென்கிளமைடு என்று வரிசையாய் வந்தன. சென்னையில் 1948-லேயே ஸ்டான்லி ஆஸ்பத்திரியில் டாக்டர் எம். விசுவநாதன் நீரிழிவுக்கென்று தனிப் பிரிவு ஏற்படுத்திவிட்டார். 1954-ல் ராயபுரத்தில் தனி ஆஸ்பத்திரியே வைத்தார். மாத்திரை வருவதற்கு முன்பே அதை வாங்கிக் கொள்ளுகின்ற இடம் நம் நாட்டில் தயாராயிருந்தது. கேட்டு வாங்குகின்ற புத்திதான் தயாராகவில்லை.

வயல்காரனுக்குப் புரிகிறபடி சொல்லுகின்றோம். சர்க்கரை வாய்க்கால் தண்ணீர் என்று வைத்துக் கொள்ளுங்கள். வயலுக்குள் தண்ணீர் பாய மதகைத் திறக்க வேண்டும். திறக்கின்ற லஸ்கர் இன்சுலின். லஸ்கரே இல்லாமற் போனால் முதல் வகை நீரிழிவு. லஸ்கர் இருந்தும் மதகு துருப்பிடித்து, திறந்து திறந்து அவனும் ஓய்ந்து போனால் இரண்டாம் வகை. சல்ஃபோனைல்யூரியா ஓய்ந்த லஸ்கரை உசுப்பி வேலை வாங்குகின்றது. லஸ்கரே இல்லாத இடத்தில் யாரை உசுப்புவது? 1936-ல் லண்டனில் ஹிம்ஸ்வர்த் என்பவர் இன்சுலினுக்கு இணங்குகின்ற நீரிழிவு வேறு, இணங்காத நீரிழிவு வேறு என்று பிரித்துக் காட்டினார். அதுவே பின்னால் பெயர் மாறி மாறி முதல் வகை, இரண்டாம் வகை என்று நிலைத்தது. "இரண்டாம் வகை" என்றதும் ரயிலில் இரண்டாம் வகுப்புப் போலக் கொஞ்சம் மட்டமான வியாதி, பயமில்லை என்று நினைக்கின்றவர்களும் இருக்கின்றார்கள். கண்ணையும் காலையும் மூத்திரக்காயையும் கெடுப்பதில் அது முதல் வகுப்புத்தான்.

மெட்பார்மின் என்கின்றது இன்னொரு வம்சம். அது லஸ்கரை உசுப்புவதில்லை. கல்லீரல் என்கின்ற மேட்டூரிலிருந்து தேவைக்கு மேல் திறந்து விடுகின்ற தண்ணீரைக் குறைக்கின்றது. துருவையும் சற்றுத் தளர்த்துகின்றது. 1922-ல் டப்ளினில் செய்யப்பட்ட சரக்கு. 1957-ல்தான் பாரிசில் ழான் ஸ்டெர்ன் அதை நோயாளிகளுக்குக் கொடுத்துக் காட்டி, "சர்க்கரை தின்னி" என்று அர்த்தம் வரும்படி குளூக்கோஃபேஜ் என்று பெயரும் வைத்தார். (எறும்புக்குப் பொருத்தமான பெயர் மாத்திரைக்குப் போய்விட்டது!) நம்மவர்கள் இதையெல்லாம் "இங்கிலீஷ் மருந்து" என்று ஒரே வார்த்தையில் ஒதுக்குகின்றார்களே, பிரெஞ்சுக்காரனும் ஜெர்மானியனும் ஐரிஷ்காரனும் கண்டது எப்படி இங்கிலீஷ் ஆயிற்று? இதன் மூலமோ கலேகா என்கின்ற ஒரு செடி. ஐரோப்பாவில் நாட்டு வைத்தியத்தில் இருந்தது. அதன் சத்தை அப்படியே கொடுத்தால் விஷம் என்று கண்டு, அதைப் போன்ற, ஆனால் கெடுதல் குறைந்த பொருளை இரசாயனத்தில் செய்தார்கள். பச்சிலை என்பதற்காக நாம் எதையும் வெறுக்கச் சொல்லவில்லை. சோதித்த பச்சிலை மருந்து, சோதிக்காத பச்சிலை தழை. இவ்வளவுதான் நமது கட்சி.

விரதக்காரர்கள் இந்த வித்தியாசத்தை அறியாததால் வருகின்ற ஆபத்தைச் சற்று நிதானமாய்க் கேட்க வேண்டும். இந்த மாத்திரைகளுக்கெல்லாம் சேர்த்து "சர்க்கரைக் குறைப்பு மருந்து" என்று பொதுப் பெயர். ஆனால் மெட்பார்மினைத் தனியாய்ச் சாப்பிட்டால் அது சர்க்கரையைப் பெரும்பாலும் அளவுக்குக் கீழே தள்ளுவதில்லை. கிளிபென்கிளமைடு போன்றது தள்ளும். நீ சோறு சாப்பிட்டாயா இல்லையா என்று பாராமல் தள்ளும். கிருத்திகை, சஷ்டி என்று பட்டினி கிடந்து, காலையில் மாத்திரையை மட்டும் விழுங்கிவிட்டு வெயிலில் படியேறுகின்றவனுக்கு என்ன ஆகும்? வேர்த்துக் கொட்டும், கை நடுங்கும், பேச்சுக் குழறும், கண் சொருகும், விழுவான். சுற்றியிருப்பவர்கள் "சாமி வந்துவிட்டது" என்று விபூதி பூசுவார்கள். வந்தது சாமியல்ல, சர்க்கரைத் தாழ்வு. நினைவிருக்கின்றவன் வாயில் அப்பொழுது போட வேண்டியது ஒரு பிடி சர்க்கரை. நினைவு தப்பியவன் வாயில் எதையும் ஊற்றாமல் ஆஸ்பத்திரிக்குத் தூக்க வேண்டும். ரம்ஜான் நோன்பு வைக்கின்ற தோழர்களுக்கும் இதே எச்சரிக்கைதான். சாமிகள் வேறானாலும் கணையம் ஒன்றே.

அடுத்த புரட்டு "மாத்திரை சாப்பிட்டால் கிட்னி போய்விடும்" என்பது. மெட்பார்மின் மூத்திரக்காயைக் கெடுப்பதில்லை. மூத்திரக்காய் முன்னமே கெட்டுப் போனவனுக்கு மருந்து வெளியேறாமல் தேங்கும் என்பதால் டாக்டர்கள் அளவைக் குறைப்பார்கள், அல்லது நிறுத்துவார்கள். நிறுத்தினதைப் பார்த்தவர்கள் "அதனாலேதான் கெட்டது" என்று தலைகீழாய்ச் சொல்லிவிட்டார்கள். கெடுப்பது அடங்காத சர்க்கரை. பிரிட்டனில் இருபது வருஷம் நடந்து 1998-ல் முடிவு வெளிவந்த பரீட்சையில், சர்க்கரையை அடக்கி வைத்தவர்களுக்குக் கண், மூத்திரக்காய்க் கேடுகள் குறைந்தன என்பதும், உடல் பெருத்தவர்களுக்கு மெட்பார்மின் சாவையே குறைத்தது என்பதும் தெரிந்தது. ஆனால் மருந்துக் கம்பெனிக்காரனை நாம் சாமியாக்கவும் இல்லை. மெட்பார்மினுக்கு உறவு முறையான பென்பார்மின் என்ற மருந்து இரத்தத்தில் அமிலத்தைத் தேக்கி ஆட்களைக் கொன்றது. அமெரிக்கா 1977-ல் அதை ஒதுக்கிற்று. நமது சர்க்கார் தடை செய்தது 2003-ல். இந்த இடைவெளிக்குப் பதில் சொல்ல வேண்டியவர்கள் யார்?

இதைவிட மோசம், "பக்க விளைவே இல்லாத மூலிகைச் சூரணம்" என்று விற்கின்றவர்கள். 2000-ம் ஆண்டில் அமெரிக்காவில் கலிபோர்னியா சுகாதார இலாகா, நீரிழிவுக்கென்று விற்ற சீன மூலிகை மருந்துகளைச் சோதித்ததில், உள்ளே இருந்தது கிளிபென்கிளமைடும் அதே பென்பார்மினும்! மூலிகை என்று பெயர். வேலை செய்தது வெளியில் தள்ளப்பட்ட இரசாயனம். நம் நாட்டிலோ நீரிழிவைக் குணமாக்குவதாக விளம்பரம் செய்வதே 1954-ம் வருஷத்துச் சட்டப்படி குற்றம். அந்தச் சட்டம் அமலில் இருக்கும்போதே பஸ் ஸ்டாண்டுச் சுவர்களில் "48 நாளில் சர்க்கரை வேரோடு ஒழியும்" என்று எழுதுகின்றார்கள் என்றால், எழுதுகின்றவனை விட, பார்த்துக் கொண்டு போகின்ற அதிகாரிகளையே முதலில் கேட்க வேண்டும்.

டாக்டர்களையும் விடுவதற்கில்லை. ஒரே கிளிபென்கிளமைடுக்கு டயோனில் என்றும், யூக்ளுகான் என்றும் கம்பெனிக்கொரு பெயர்; அமெரிக்காவில் கிளைபுரைடு என்று இன்னொரு பெயர். கும்பகோணத்தில் ஒரு டாக்டரிடம் ஒரு பெயரிலும், தஞ்சாவூரில் ஒரு டாக்டரிடம் வேறு பெயரிலும் எழுதி வாங்கி, இரண்டையும் சேர்த்து விழுங்குகின்றவன் ஒரே மருந்தை இரட்டிப்பாய் விழுங்குகின்றான். மருந்தின் மூலப் பெயரைப் புரியும்படி எழுத வேண்டுமென்று 2016-லேயே மருத்துவக் கவுன்சில் விதி செய்தது. சீட்டைப் பார்த்தால் அந்த விதி நமக்குத் தெரியவில்லை. மந்திரத்தைப் புரியாத பாஷையில் சொன்னால்தான் மரியாதை என்று புரோகிதன் நினைப்பதற்கும், மருந்தைப் புரியாத எழுத்தில் எழுதினால்தான் மரியாதை என்று டாக்டர் நினைப்பதற்கும் நாம் வித்தியாசம் காணவில்லை.

2021 ஆகஸ்டு முதல் "மக்களைத் தேடி மருத்துவம்" என்று சர்க்கார் ஆளே வீட்டு வாசலுக்கு வந்து மாத்திரை கொடுக்க ஏற்பாடு ஆகியிருக்கின்றது. வாங்கி அலமாரியில் வைத்துவிட்டு கோவில்வெண்ணிக்கு பஸ் ஏறுகின்றவர்களுக்காக இல்லை அந்த ஏற்பாடு. வருகின்ற பெண்ணிடம், இது எந்த வம்சத்து மாத்திரை, கணையத்தைத் தூண்டுவதா தூண்டாததா, சோற்றுக்கு முன்னா பின்னா, பட்டினி கிடந்தால் என்ன செய்வது என்று கேளுங்கள். அவருக்குத் தெரியாவிட்டால் ஆரம்ப சுகாதார நிலையத்து டாக்டரிடம் கேட்டு வந்து சொல்லச் சொல்லுங்கள். முதல் வகை நீரிழிவுள்ள குழந்தை வீட்டில் இருந்தால், ஊசியை நிறுத்திவிட்டுச் சூரணம் கொடுக்கச் சொல்லுகின்றவன் எவனாயிருந்தாலும், சாமியாராயிருந்தாலும், சொந்தத் தாய்மாமனாயிருந்தாலும், வாசற்படி ஏற விடாதீர்கள். ஊசி நின்றால் அந்தக் குழந்தைக்கு இருப்பது சில நாட்களே.