பந்து போடுறது ஒரு பொழப்பா?

அனிதா பால்துரைங்கற பேரைச் சொன்னா நம்ம மக்கள்ல எத்தனை பேருக்குத் தெரியும்? கூகுளாண்டவரைக் கேக்காம சொல்லணும், சரியா? :-)

சென்னைப் பொண்ணு. 19 வயசுலயே இந்திய மகளிர் கூடைப்பந்து அணிக்குக் கேப்டன் ஆனவர். 2001-ல ஆரம்பிச்சு 2017 வரைக்கும் ஒன்பது ஆசியச் சாம்பியன்ஷிப் ஆடினவர். நடுவுல கல்யாணம், குழந்தை எல்லாம் ஆகி, "அவ்ளோதான், முடிஞ்சுது"ன்னு ஊரே நினைச்சப்ப திரும்பி வந்தவர். 2017-ல பெங்களூருல இந்தியா ஆசியக் கோப்பை 'பி' பிரிவை ஜெயிச்சு 'ஏ' பிரிவுக்கு ஏறிச்சே, அந்த அணியிலயும் இருந்தார். 2021-ல பத்மஸ்ரீ குடுத்தாங்க.

சரி, பதினாறு வருஷம் நாட்டுக்காக ஆடின இவருக்குத் தொழில் என்ன? தென்னக ரயில்வே ஊழியர்.

உடனே சண்டைக்கு வராதீங்க. ரயில்வேயை நான் குறை சொல்லலை. ரயில்வேயும், ஐ.ஓ.பி., இந்தியன் வங்கி மாதிரி பேங்குகளும், ராணுவமும் மட்டும் இல்லேன்னா இந்த நாட்டுல கூடைப்பந்து எப்பவோ செத்துப் போயிருக்கும். அவங்களுக்குப் பெரிய கும்பிடு. நான் கேக்கறது வேற. உச்சத்துக்குப் போன ஒரு ஆட்டக்காரி, "எனக்குத் தொழில் கூடைப்பந்து"ன்னு சொல்லிக்க இந்த ஊர்ல ஒரு வழியும் இல்லாமப் போச்சே, அது ஏன் யாருக்குமே உறுத்தலை?

உறுத்தாம இருக்க நம்மகிட்ட மூணு ரெடிமேட் பதில் இருக்கு. ஒவ்வொண்ணா பிரிச்சு மேயலாம்.

முதல் பதில்: "நமக்கு உயரம் பத்தாதுங்க."

ஜப்பான்ல யூகி தோகாஷின்னு ஒரு ஆளு. உயரம் 167 சென்டிமீட்டர், அதாவது அஞ்சடி ஆறு அங்குலம். எங்க ஊர் பஸ் ஸ்டாண்டுல நின்னா கூட்டத்துல காணாமப் போயிடுவார். 2019-ல அந்த ஊர் லீக்ல பத்து கோடி யென் சம்பளம் தொட்ட முதல் ஜப்பான்காரர் அவர்தான். இன்னொரு யூகி, கவாமுரா. அஞ்சடி எட்டு. 2024-ல அமெரிக்கா போயி மெம்ஃபிஸ் அணிக்காக என்.பி.ஏ.வுலயே ஆடிட்டார். சரி, உயரம்தான் எல்லாம்னே வச்சுக்குவோம். பஞ்சாப்ல சத்னாம் சிங்னு ஒரு பையன், ஏழடி ரெண்டு அங்குலம். 2015-ல டல்லாஸ் அணி 52-வது ஆளா தேர்ந்தெடுத்துச்சு. என்.பி.ஏ.வுக்குத் தேர்வான முதல் இந்தியர்னு பேப்பர்ல எல்லாம் போட்டு நாமளும் குதிச்சோம். ஆனா என்.பி.ஏ.வுல ஒரு ஆட்டம்கூட ஆடலை. அப்புறம் ஊக்கமருந்து வழக்குல ரெண்டு வருஷத் தடை வாங்கி, 2022-ல மல்யுத்த மேடைக்குப் போயிட்டார். ஏழடி ரெண்டு அங்குலம் என்னத்தைக் காப்பாத்துச்சு?

ரெண்டாவது பதில்: "எல்லாத்தையும் கிரிக்கெட் தின்னுடுச்சு. யாரு சார் பாஸ்கட்பால் பாக்கறா?"

தேனி பக்கம் பெரியகுளத்துக்கு மே மாசம் போயிருக்கீங்களா? வருஷா வருஷம் அகில இந்திய கூடைப்பந்துப் போட்டி நடக்கும். ராத்திரி விளக்கு வெளிச்சத்துல ஆட்டம். சனம் வந்து உக்காந்து பாக்குது. கோயம்புத்தூர்லயும் பெரிய போட்டிங்க நடக்குது. ஆக, பாக்க ஆள் இருக்கு. என்ன பிரச்சினைன்னா, அங்க மோதறது பேங்கும் ராணுவமும் ரயில்வேயும். பெரியகுளத்துக்காரன் கை தட்டுவான், சரி. "எங்க டீம்"னு எதைச் சொல்லுவான்? பேங்க்ல பாஸ்புக் இருந்தா போதுமா? ;-)

மூணாவது பதில்தான் முக்கியமான வில்லன்: "ஸ்போர்ட்ஸ் கோட்டாவுல கவர்ன்மென்ட் வேலை கெடைக்குதுல்ல, அது போதாதா?"

தமிழ்நாட்டு அரசு வேலைல விளையாட்டுக்காரங்களுக்கு 3 சதவீதம் ஒதுக்கீடு இருக்கு. நல்ல விஷயம். ஆனா அது ஆட்டத்தை என்ன பண்ணி வச்சிருக்குன்னு பாருங்க. மைதானத்துல பெத்தவங்க நின்னு பேசறதைக் கேட்டா ஷூட்டிங் பத்தியோ டிஃபென்ஸ் பத்தியோ ஒரு வார்த்தை இருக்காது. "ஃபார்ம் டூ வாங்கிட்டானா? ஃபார்ம் த்ரீயாவது வருமா?" இதுதான் பேச்சு. மாநிலத்துக்காகத் தேசியப் போட்டியில ஆடினா ஃபார்ம் டூ, யுனிவர்சிட்டிக்காக ஆடினா ஃபார்ம் த்ரீ. கூடைப்பந்து இப்ப டி.என்.பி.எஸ்.சி.க்கு இன்னொரு வாசல். ஆர்டர் கைக்கு வந்த அன்னிக்கு ஸ்வீட் குடுக்கறோம். பல பேருக்கு ஆட்டம் அன்னியோட முடிஞ்சுது.

எங்க அக்கா பொண்ணு ப்ளஸ் டூ படிக்கறா. திருவையாத்துலேர்ந்து தஞ்சாவூருக்குக் காலங்காத்தால டவுன் பஸ்ல போய் பிராக்டிஸ் பண்ணிட்டு, அப்புறம் ஸ்கூல். அவ அப்பாவும் இதே சர்டிபிகேட் கணக்குதான் போடறார். போன மாசம் அவ என்கிட்ட கேட்டா: "மாமா, வேலை கெடைச்சதுக்கு அப்புறம் நான் எதுக்கு ஆடணும்?" பதினேழு வயசுப் பொண்ணு கேக்கற கேள்வியா இது? இருபது இருபத்தி ரெண்டு வயசுலதானே ஒரு ஆட்டக்காரி பழுக்கவே ஆரம்பிப்பா.

இப்ப ஐஸ்லாந்துக்கு வாங்க. என்னடா இவன் திருவையாத்துலேர்ந்து நேரா துருவத்துக்குப் போறான்னு பாக்கறீங்களா? காரணம் இருக்கு. அந்த நாட்டோட மொத்த ஜனத்தொகை நாலு லட்சத்துக்கும் கம்மி. நம்ம தஞ்சாவூர் மாவட்டம் மட்டும் 2011 கணக்குப்படி 24 லட்சம். அந்தத் தம்மாத்தூண்டு தேசம் 2015, 2017, 2025-னு மூணு தடவை ஐரோப்பியக் கூடைப்பந்துச் சாம்பியன்ஷிப்புக்குத் தகுதி வாங்கிச்சு. மூணு தடவையும் ஆடின அத்தனை ஆட்டத்துலயும் தோல்வி. ஆமாங்க, ஒண்ணுகூட ஜெயிக்கலை. ஆனா அங்க கூடைப்பந்து ஆடி ஒருத்தன் ஆயுசு பூரா சோறு திங்கலாம்.

ட்ரிக்வி ஹ்லினாசன்னு ஒருத்தர். வடக்கு ஐஸ்லாந்துல ஆட்டுப் பண்ணை வச்சிருக்கற குடும்பம். 16 வயசு வாக்குலதான், படிக்கறதுக்காக டவுனுக்கு வந்தப்ப, பந்தையே கையில எடுத்தார். அந்த டவுன் கிளப்புல ஆடினார். 2017-ல ஸ்பெயினோட வலென்சியா அணி ஒப்பந்தம் போட்டுது. அப்புறம் சரகோசா, அப்புறம் பில்பாவ். 2025-ல பில்பாவ் அணியோட ஃபீபா யூரோப் கோப்பையும் ஜெயிச்சார். இவருக்கு முன்னாடி யோன் ஆர்னோர் ஸ்டெஃபான்சன், 2003-ல டல்லாஸ் அணி எடுத்துக்கிட்டும் ஆட வாய்ப்பு கிடைக்கலை. அதுக்காக வீட்டுக்குப் போய் பரீட்சை எழுதலை. ரஷ்யா, இத்தாலி, ஸ்பெயின்னு ஊர் ஊராப் போய் ஆடிச் சம்பாதிச்சார். ஏன்னா ஒரு கதவு மூடினா அடுத்த கதவைத் தட்டறதுக்கு அங்க ஒரு தெருவே இருக்கு. சத்னாமுக்கு ஊர் திரும்பினா அந்தத் தெரு இல்லை.

இந்த ஊர்லயும் லீக் நடத்திப் பாத்தாங்களேன்னு கேப்பீங்க. பாத்தாங்க. 2015-லேர்ந்து 2017 வரைக்கும் யு.பி.ஏ.ன்னு ஒண்ணு, நாலு சீசன், அதுல 'சென்னை ஸ்லாம்'னு ஒரு அணி. நின்னு போச்சு. 2022 அக்டோபர்ல ஐ.என்.பி.எல். வந்துது, 'சென்னை ஹீட்'னு அணி, 2023 ஜனவரியில முடிஞ்சுது. எல்லா அணியையும் ஒரே ஊர்ல இறக்கி, சில வாரம் ஆட வச்சு, டிவிக்காரங்க மூட்டை கட்டினதும் கடையைச் சாத்தினா அது லீக்கா? டெல்டாக்காரன் பாஷைல சொல்றேன். ஜூன் 12-ஆம் தேதி மேட்டூரைத் திறந்து, பத்தே நாள்ல மூடிட்டா நாத்தங்கால்கூட பச்சை பிடிக்காது. தண்ணி சீசன் பூரா வரணும்.

"ஐஸ்லாந்து பணக்கார தேசம், அதெல்லாம் நமக்கு ஒத்து வராது"ன்னு அடுத்த அம்பு வரும்னு தெரியும். அப்ப ஜப்பானையே திரும்பிப் பாருங்க. அவங்களும் நம்மள மாதிரி டொயோட்டா, ஹிட்டாச்சின்னு கம்பெனி அணிகளை வச்சுத்தான் ஓட்டிக்கிட்டு இருந்தாங்க. ரெண்டு லீக், ரெண்டுக்கும் ஓயாத சண்டை. 2014 நவம்பர்ல உலகக் கூடைப்பந்துச் சம்மேளனம் ஜப்பானையே சஸ்பெண்ட் பண்ணிடுச்சு. அந்த அவமானத்துக்கு அப்புறம் ரெண்டையும் ஒண்ணாக்கி, ஊர் பேர்ல அணி, சொந்த ஊர்ல ஆட்டம்னு 2016-ல புது லீக் ஆரம்பிச்சாங்க. ஏழே வருஷம். 2023 உலகக் கோப்பைல மூணு ஆட்டம் ஜெயிச்சு, பாரிஸ் ஒலிம்பிக்ஸுக்கு நேரா தகுதி வாங்கிட்டாங்க. ஏழு வருஷத்துல ஜப்பான்காரங்க உயரமா வளர்ந்துட்டாங்க? ஏற்பாடு மாறிச்சு.

எங்க ஊர்க்காரனுக்கு இது புரியறது கஷ்டமே இல்ல. வருஷா வருஷம் புஷ்ய பகுள பஞ்சமிக்கு காவிரிக் கரைல வந்து உக்காந்து பாடறாங்களே, அந்த வித்வான்கள் யாரையாவது "பாட்டெல்லாம் சரி, வேலை என்ன?"ன்னு கேப்போமா? ராஜா குடுத்த மானியம் நின்ன அப்புறம், சென்னைல சபாக்கள் வந்துது, டிக்கெட் வித்துது, ரேடியோ வந்துது. அப்படித்தான் பாடறவன் பாடியே பொழைக்கற வழி உண்டாச்சு. கூடைப்பந்துக்காரன் இன்னும் மானியத்துலயே நிக்கறான். அவனுக்குன்னு ஒரு சபா கட்ட நாம யோசிக்கவே இல்லை.

பெரிசா எதுவும் கேக்கலை. பேங்க் அணிகளும் ரயில்வேயும் இருக்கட்டும், அவங்களே ஒவ்வொரு ஊரைத் தத்தெடுத்து அந்த ஊர் பேர்ல ஆடட்டும். தஞ்சாவூர், திருச்சி, கோவை, தேனி. ஆறு மாசம், வாரா வாரம், ஒரு தடவை இங்க, ஒரு தடவை அங்க. முப்பது ரூவா டிக்கெட். நாம அந்த முப்பது ரூவாயைக் குடுத்து உள்ள போகணும், ஓசி பாஸ் கேக்கக் கூடாது. ஒலிம்பிக்ஸ் வந்தா "110 கோடி, 140 கோடி, ஒரு மெடல் இல்லையே"ன்னு ஆளுக்கொரு பதிவு போட்டு ஒப்பாரி வைக்கற நாம, கடைசியா எப்ப காசு குடுத்து ஒரு உள்ளூர் ஆட்டம் பாத்தோம்? பின்னூட்டத்துல உண்மையைச் சொல்லுங்க மக்கா.

டிஸ்கி: "உனக்கு என்ன உயரம், நீ பேச வந்துட்ட"ன்னு கேக்கப் போற அன்பர்களுக்கு: அஞ்சடி நாலு. தோகாஷியை விட ரெண்டே அங்குலம்தான் கம்மி :-)